ஹீரோவாகாமல் போனவரா?

கேள்வி: ஹாலிவுட் நடிகர் ஹாரி டீன் ஸ்டான்டன் அத்தனை படங்களில் நடித்தும், ஹீரோ வேடம் விரல்விட்டு எண்ணிவிடலாம். கடைசிவரை குணச்சித்திர நடிகராகவே நின்றுவிட்டவரை ஏன் இப்படித் தூக்கிப் பிடிக்கிறீர்கள்?
(ஒரு வாசகர், திருச்சி)

பதில்: 'நின்றுவிட்டவர்' என்கிறீர்களே, அங்கேதான் கோளாறு. ஏதோ ஹீரோ நாற்காலி காலியாகட்டும் என்று வாசலில் காத்துக்கிடந்தவர் மாதிரி!

டேவிட் லிஞ்ச் 1999-ல் எடுத்த 'தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி' பார்த்தீர்களா? பத்து வருடமாகப் பேச்சுவார்த்தை இல்லாத உடன்பிறந்தவருக்குப் பக்கவாதம் என்று கேள்விப்பட்டு, லைசென்ஸ் இல்லாத ஒரு கிழவர் புல்வெட்டும் வண்டியிலேயே அயோவாவிலிருந்து விஸ்கான்சின் வரை போகிறார். படம் கிட்டத்தட்ட இரண்டு மணி நேரம், அந்த உடன்பிறந்தவராக ஸ்டான்டன் வருவதோ கடைசிச் சில நிமிடம். வாக்கரைப் பிடித்துக்கொண்டு வெளியே வருகிறார், திண்ணையில் உட்காருகிறார், வாசலில் நிற்கும் அந்த வண்டியைப் பார்க்கிறார். என்னைப் பார்க்க இதிலேயா இவ்வளவு தூரம் வந்தாய் என்று கேட்கிறார், கண் கலங்குகிறது, அவ்வளவுதான். அந்த முகத்தில் துளி நடிப்பு தெரிந்திருந்தாலும் அத்தனை மைல் பயணமும் வீண்.

அதற்காக அவருக்கு ஆசையே இல்லை என்று கதைவிட மாட்டேன். டிவி கௌபாய் தொடர்களில் தொடங்கி அடியாள், திருடன் என்று நடித்து நடித்து அலுத்துப்போய்த்தான் அமெரிக்காவின் சாண்டா ஃபே நகரில் ஒரு பாரில் கதாசிரியர் சாம் ஷெப்பர்டிடம் புலம்பினார். அந்தப் புலம்பலில் வாய்த்ததுதான் ஷெப்பர்ட் எழுதி விம் வெண்டர்ஸ் இயக்கிய 'பாரிஸ், டெக்ஸாஸ்' (1984). அப்போது வயது 57. அதிலும் பாருங்கள், முதல் இருபது நிமிடத்துக்கு மேல் ஹீரோ வாயே திறப்பதில்லை! படத்துக்கு கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனை கிடைத்தது. இவருக்கு ஆஸ்கர் பரிந்துரைகூட ஒரு தடவையும் இல்லை, சரி, அது ஆஸ்கரின் கவலை.

அப்புறமாவது ஹீரோவாகவே சுற்றினாரா என்றால், 1986-ல் ஒரு பள்ளிப் பெண்ணின் வேலைவெட்டி இல்லாத அப்பாவாக வந்து நிற்கிறார். இவர் துணை வேடத்தில் இருக்கும் படம் முழு மோசமாக இருக்கவே முடியாது என்று விமர்சகர் ரோஜர் ஈபர்ட் ஒரு விதியே எழுதிவைத்தார் (விதிவிலக்கு உண்டு என்று பிறகு அவரே ஒப்புக்கொண்டார், அது வேறு விஷயம்).

மறுபடி நாயகனானது 90-ஐத் தொடும் வயதில், 'லக்கி'யில். 2017 செப்டம்பரில் அது தியேட்டருக்கு வரும் முன்பே போய்விட்டார். அதில் குணச்சித்திர வேடம் யார் தெரியுமா? அதே டேவிட் லிஞ்ச். காணாமல்போன தன் ஆமையை நினைத்து பாரில் உட்கார்ந்து உருகும் கிழவராக.