நீவெஸ்: பேத்திக்குச் சூட்டத் தகுந்த பெயர்தானா?

கேள்வி: எங்கள் பூர்வீகம் தூத்துக்குடி. இப்போது சென்னையில் வசிக்கிறோம். என் மகளும் மருமகனும் வேலையின் பொருட்டு வட இத்தாலியில் ஊதினே என்ற நகரில் இருக்கிறார்கள். அடுத்த மாதம் மகளுக்குப் பிரசவம். பெண் குழந்தை என்று அங்குள்ள மருத்துவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அவர்கள் குடியிருக்கும் கட்டடத்தில் கீழ்வீட்டு மூதாட்டி ஒருவர், இந்த எட்டு மாதமும் என் மகளைத் தன் பெண்ணைப் போலவே பார்த்துக்கொண்டாராம். அவர் பெயர் நீவெஸ். அந்தப் பெயரையே குழந்தைக்கு வைக்கப்போவதாக மகள் உறுதியாகச் சொல்கிறாள். என் நாத்தனாரோ, அப்படி ஒரு புனிதர் கிடையாது, அது ஆண் பெயரைப் போல் ஒலிக்கிறது, ஆங்கிலத்தில் எழுதினால் 'நைவ்ஸ்' என்றுதான் படிப்பார்கள் என்கிறார். மகள் மனம் நோகாமல் வேறு பெயரைச் சொல்லிப் பார்க்கலாமா, அல்லது இதற்கே சம்மதிக்கலாமா? இந்தப் பெயருக்கு என்னதான் பொருள்?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, சென்னை

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, தயங்காமல் சம்மதியுங்கள். நீவெஸ் என்பது பனிமய மாதாவின் பெயர். தூத்துக்குடிப் பெரிய கோவிலின் மாதாவை உங்கள் வீட்டுப் பெரியவர்கள் 'தஸ்நேவிஸ் மாதா' என்று அழைத்துக் கேட்டிருப்பீர்கள். போர்த்துகீசியர் அந்த அன்னைக்கு வழங்கிய 'நோசா சென்யோரா தாஸ் நேவெஸ்' என்ற பெயரின் கடைசி இரு சொற்கள்தாம் முத்துக்குளித்துறை மக்களின் நாவில் தஸ்நேவிஸ் ஆயின. உங்கள் மகளின் கீழ்வீட்டு அம்மாவின் பெயரும் அதே மூலத்திலிருந்து, நேராக லத்தீனிலிருந்து, வந்தது. லத்தீன் வழிபாட்டு நூல்களில் இந்த மாதாவின் பட்டம் 'சாங்தா மரியா அத் நீவெஸ்', அதாவது பனியின் புனித மரியா. அந்தப் பட்டத்தின் கடைசிச் சொல் எழுத்து மாறாமல் அப்படியே இத்தாலியப் பெண்களின் பெயராகிவிட்டது. இதே பெயர் ஸ்பெயினில் நியெவெஸ் என்றும் கத்தலோனியாவில் நேவுஸ் என்றும் வழங்குகிறது.

வெயில் கொளுத்தும் ஆகஸ்டு மாதத்தில் கொண்டாடப்படும் மாதாவுக்குப் பனியின் பெயர் எப்படி வந்தது என்பதற்கு ரோமாபுரியில் ஒரு மரபுக்கதை உண்டு. நான்காம் நூற்றாண்டில், திருத்தந்தை லிபேரியுஸின் காலத்தில், ஜொவான்னி என்ற செல்வந்தரும் அவருடைய மனைவியும் பிள்ளையில்லாமல் வருந்தித் தங்கள் சொத்து முழுவதையும் மாதாவுக்கே காணிக்கையாக்க நேர்ந்துகொண்டார்கள். அதை எவ்விதம் செலவிட வேண்டும் என்று அவர்கள் வேண்டிநின்றபோது, ஆகஸ்டு 4ஆம் தேதி இரவில் மாதா கனவில் தோன்றி, மறுநாள் காலையில் எங்கே பனி பெய்திருக்கிறதோ அங்கே கோவில் கட்டச் சொன்னாராம். அன்றிரவே திருத்தந்தைக்கும் அதே கனவு வந்தது. விடிந்து பார்த்தால், கோடையின் உச்சத்தில், எஸ்குவிலின் குன்றின் மேல் வெண்பனி படர்ந்திருந்தது. திருத்தந்தை அந்தப் பனியின் மேலேயே கோவிலின் எல்லையை வரைந்தார் என்று கதை முடிகிறது. இக்காட்சியை மசோலினோ என்ற ஓவியர் சுமார் 1428இல் தீட்டிய பலகை ஓவியம் நேப்பிள்ஸ் நகரின் கபோதிமோந்தே அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் திருத்தந்தை, முழு ஆடை அணிகளுடன், குனிந்து ஒரு மண்வெட்டியால் பனியைக் கீறுகிறார். சுற்றிலும் மக்கள் கூடி நிற்க, மேலே வட்டத்துக்குள் இயேசுவும் மாதாவும் அமர்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த மண்வெட்டிதான் எனக்கு மிகவும் பிடித்தது. அற்புதத்தை வரைய வந்த ஓவியருக்கு, கோவில் என்றால் முதலில் அஸ்திவாரம் தோண்ட வேண்டும் என்பது மறக்கவில்லை.

வரலாற்றாசிரியர்கள் இக்கதையை நடந்த நிகழ்வாக ஏற்பதில்லை என்பதையும் உங்களுக்குச் சொல்ல வேண்டும். கதை எழுத்தில் வருவது அக்காலத்துக்குப் பல நூற்றாண்டுகள் கழித்துத்தான். இன்று அந்தக் குன்றின் மேல் நிற்கும் புனித மரியா பெருங்கோவில், 431இல் எபேசு பொதுச்சங்கம் மரியாளை இறைவனின் தாய் என்று அறிவித்ததைத் தொடர்ந்து, மூன்றாம் சிக்ஸ்துஸ் திருத்தந்தையாக இருந்த 432க்கும் 440க்கும் இடைப்பட்ட ஆண்டுகளில் எழுந்தது. 1969இல் வழிபாட்டு நாள்காட்டியைத் திருத்தியபோது, ஆகஸ்டு 5 விழாவின் பெயரிலிருந்து பனியை எடுத்துவிட்டு, 'புனித மரியா பேராலய நேர்ந்தளிப்பு' என்று மாற்றினார்கள். ஆனாலும் மக்கள் பனியை விடவில்லை. இன்றும் ஒவ்வோர் ஆண்டும் ஆகஸ்டு 5 காலைத் திருப்பலியில், 'உன்னதங்களிலே' கீதம் பாடும் நேரத்தில், பொன் வேய்ந்த மரக்கூரையிலிருந்து வெள்ளை மலரிதழ்களைத் தூவுகிறார்கள்; மாலை வழிபாட்டின்போதும் அப்படியே. 2025 ஏப்ரலில் திருத்தந்தை பிரான்சிசின் உடலை நல்லடக்கம் செய்ததும் இந்தக் கோவிலில்தான். தொலைக்காட்சியில் நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

தூத்துக்குடிக் கோவிலின் வரலாற்றை உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 1713இல் நேர்ந்தளிக்கப்பட்ட கோவில் 1982இல் பேராலயமாக உயர்த்தப்பட்டது. ஜூலை 26ஆம் தேதி கொடியேறி ஆகஸ்டு 5 அன்று பெருவிழா. இத்தாலியர்களுக்குப் பிறந்தநாளைப் போலவே பெயர்நாளும் உண்டு. தன் பெயருக்குரிய புனிதரின் திருநாளில் உறவினரும் நண்பர்களும் வாழ்த்துச் சொல்வார்கள். நீவெஸ் என்ற பெயருக்கு அந்த நாள் ஆகஸ்டு 5. உங்கள் ஊர்த் திருவிழாவும் உங்கள் பேத்தியின் பெயர்நாளும் ஒரே நாளில் அமைகின்றன. இதற்காக யாரும் எதையும் ஏற்பாடு செய்யவில்லை.

இனி உங்கள் நாத்தனாரின் ஆட்சேபங்களுக்கு வருகிறேன். அவர் அக்கறையோடுதான் கேட்கிறார், ஆகவே ஒவ்வொன்றுக்கும் விடை சொல்ல வேண்டும்.

புனித நீவெஸ் என்று ஒருவர் இல்லை என்பது உண்மைதான். ஆனால் மாதாவின் பட்டங்களையே பெண்களுக்குப் பெயராக வைப்பது இத்தாலியில், அதிலும் குறிப்பாகத் தென்னித்தாலியில், நெடுங்கால வழக்கம். ரொசாரியா, அத்தொலொராத்தா, இம்மகொலாத்தா, கொன்சொலாத்தா, அசூந்தா ஆகிய எவையும் தனிப்பட்ட புனிதைகளின் பெயரிலிருந்து பிறந்தவை அல்ல. செபமாலை, வியாகுலம், அமல உற்பவம், ஆறுதல், விண்ணேற்பு ஆகிய மாதாவின் பட்டங்களிலிருந்து பிறந்தவை. உங்கள் சொந்த பந்தங்களின் பெயர்களைச் சற்று நினைத்துப் பாருங்கள். செபமாலையம்மாள், வியாகுலமேரி, அமலோற்பவம், சகாயராணி, ஆரோக்கியமேரி என்று இதே முறையில் பெயர் வைத்தவர்கள்தாமே நம் தென்மாவட்டக் கத்தோலிக்கர்கள்? அசூந்தா என்ற இத்தாலியப் பெயரைக்கூட, அது இத்தாலியப் பெயர் என்ற நினைவே இல்லாமல், 'அசுந்தா' என்று நம் வீடுகளில் தலைமுறைகளாக வைத்துவருகிறோம். அசுந்தா நம்முடையதாகும்போது நீவெஸும் ஆகலாம். திருமுழுக்கைப் பற்றிய கவலையும் வேண்டாம். 1983ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத்தொகுப்பு, கிறிஸ்தவ உணர்வுக்குப் புறம்பான பெயரை வைக்கக் கூடாது என்று மட்டுமே கேட்கிறது. மாதாவின் திருப்பெயரை எந்தப் பங்குத்தந்தையும் மறுக்க மாட்டார்.

ஆண் பெயரைப் போல் ஒலிப்பதாக அவர் சொல்வதற்குக் காரணம் பெயரின் முடிவு. இத்தாலியப் பெண் பெயர்களில் பெரும்பாலானவை 'ஆ' ஓசையில் முடிபவை. நீவெஸோ லத்தீன் பன்மை வடிவம் என்பதால் மெய்யெழுத்தில் முடிகிறது. ஆனால் இத்தாலியில் இது முழுக்க முழுக்கப் பெண் பெயர். இதனுடன் பலரும் குழப்பிக்கொள்ளும் நேவியா, நேவியோ என்ற பெயர்களுக்கும் பனிக்கும் தொடர்பில்லை. அவை பழைய ரோமானியக் குடிப்பெயர் ஒன்றிலிருந்து வந்தவை. நீவெஸ் வேண்டாம், நேவியா வைக்கலாமே என்று யாராவது யோசனை சொன்னால், பொருள் கைநழுவிப் போகும் என்பதை நினைவில் கொள்ளுங்கள்.

மூன்றாவது ஆட்சேபத்தில்தான் உண்மையான இடைஞ்சல் இருக்கிறது. ஆங்கிலம் பழகிய கண்கள் அந்த ஐந்து எழுத்துகளை 'நைவ்ஸ்' என்றே படிக்கும். அது கத்திகள் என்ற பொருள் தரும். குழந்தை இத்தாலியில் வளரும் வரை இது ஒரு பொருட்டே அல்ல, அங்கே எல்லாரும் முதலெழுத்தை நீட்டி, அழுத்தம் கொடுத்து, 'நீவெஸ்' என்றுதான் சொல்வார்கள். ஆனால் விடுமுறைக்கு வரும்போதோ, பிற்காலத்தில் இந்தியப் பள்ளியிலோ ஆங்கிலம் பேசும் நாடொன்றிலோ சேரும்போதோ, வருகைப்பதிவின் முதல் நாளிலேயே அவள் திருத்திச் சொல்ல வேண்டியிருக்கும். பிள்ளைகள் அதை வைத்துக் கேலியும் செய்யலாம். இதை உங்கள் மகளிடம் ஒளிக்காமல் சொல்லுங்கள். தெரிந்தே முடிவெடுப்பது நல்லது. உறவினர்களுக்குக் குறுஞ்செய்தி அனுப்பும்போது முதல் தடவையிலேயே தமிழில் 'நீவெஸ்' என்று எழுதி அனுப்பினால், நம் பக்கத்தில் பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும். தமிழ் எழுத்து ஓசையை மறைப்பதில்லை.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சேர்த்துச் சொல்கிறேன். நீவெஸ் இன்றைய இத்தாலியில் அரிதான பெயர். கீழ்வீட்டு அம்மாவைப் போல் சென்ற நூற்றாண்டின் முற்பகுதியில் பிறந்தவர்களிடையேதான் அதிகம். அதுவும் ஊதினே அமைந்திருக்கும் ஃப்ரியூலி, அதையடுத்த வெனெத்தோ முதலிய வட பகுதிகளில். எல்லைக்கு அப்பால் குரோவாசியாவிலும் வழங்குகிறது. ஆகவே வகுப்பில் இன்னொரு நீவெஸ் இருக்க வாய்ப்பு குறைவு. 'என் பாட்டியின் பெயர்' என்று சொல்பவர்கள் இருப்பார்கள். நம்மூரில் இன்று ஒரு சிறுமிக்குச் செபமாலையம்மாள் என்று வைத்தால் கேட்பவர்களுக்கு என்ன தோன்றுமோ, ஏறக்குறைய அதுதான் அங்கும் தோன்றும். எனக்கு அதில் குறையொன்றும் தெரியவில்லை.

பாட்டிகளின் பெயர் என்று மட்டும் இதை ஒதுக்கிவிடவும் முடியாது. ஊதினே மாவட்டத்தின் மலைப்பகுதியான தர்வீசியோவின் பக்கத்தில் வாழும் நீவெஸ் மெரொய் உலகறிந்த மலையேற்ற வீராங்கனை. 1961இல் பிறந்த அவர், எவரெஸ்ட் உட்பட 8,000 மீட்டருக்கு மேற்பட்ட 14 சிகரங்களிலும், செயற்கை ஆக்சிஜன் இல்லாமல், கணவர் ரொமானோ பெனெத்துடன் சேர்ந்தே ஏறியவர். அந்தப் பதினான்கிலும் முதலில் ஏறிமுடிக்கும் பெண் யார் என்ற போட்டி மும்முரமாக நடந்த 2009இல், கஞ்சன்ஜங்காவில் ஏறிக்கொண்டிருந்தபோது கணவருக்கு உடல்நிலை தளர்ந்தது. தனியாக மேலே போகும்படி அவர் சொல்லியும் கேளாமல், கணவரை அழைத்துக்கொண்டு கீழே இறங்கினார் நீவெஸ். கணவருக்கு வந்திருந்தது எலும்பு மஜ்ஜையைத் தாக்கும் கடுமையான இரத்த நோய். இருமுறை மஜ்ஜை மாற்று செய்யவேண்டி வந்தது. அதற்குள் போட்டியின் முடிவு வேறு பெண்களின் கைக்குப் போய்விட்டது. அவர் தேறியபின் 2014இல் இருவரும் சேர்ந்தே கஞ்சன்ஜங்காவில் ஏறினார்கள். 2017 மே மாதம் அன்னபூர்ணாவுடன் பதினான்கும் நிறைவுற்றன. இத்தனை சிகரங்களிலும் சேர்ந்தே ஏறிய முதல் தம்பதியர் அவர்கள்தாம். பனியைப் பெயராகக் கொண்டு பனியிலேயே வாழ்ந்த இந்தப் பெண்மணி இறங்கிவந்த அந்த நாளை, உங்கள் பேத்தி கதை கேட்கும் வயதுக்கு வந்ததும் அவளுக்குச் சொல்லுங்கள்.

மகளின் மனம் நோகாமல் வேறு பெயரைச் சொல்லலாமா என்று கேட்டிருந்தீர்கள். முதற்பெயருக்கு மாற்றாகச் சொல்ல வேண்டாம் என்பதே என் கருத்து. பெற்ற தாய் அருகில் இல்லாத எட்டு மாதங்களில் தனக்கு ஆதரவாக நின்ற ஒரு முதியவருக்கு உங்கள் மகள் நன்றி செலுத்த விரும்புகிறார். அந்த நன்றியுணர்வு நீங்கள் ஊட்டி வளர்த்தது. இரண்டாம் பெயராக உங்கள் வீட்டுப் பெயரொன்றைச் சேர்க்கும்படி கேட்பதில் மட்டும் தவறில்லை; மருமகனின் தாயாரிடமும் ஒரு வார்த்தை கலந்துகொள்ளுங்கள். அவருடைய பெயரையோ, உங்கள் தாயாரின் பெயரையோ நீவெஸுக்குப் பின்னால் வைத்தால், இரு குடும்பத்தாருக்கும் நிறைவாக இருக்கும், உங்கள் நாத்தனாருக்கும் சொல்ல ஒன்று கிடைக்கும்.

ஆனால் இதை இப்போதே பேசி முடித்துவிடுங்கள். நம் நாட்டில் பெயரில்லாமலே பிறப்பைப் பதிந்து, பின்னர் பெயரைச் சேர்த்துக்கொள்ள முடிகிறது. இத்தாலியில் அந்த அவகாசம் கிடையாது. குழந்தை பிறந்த 10 நாள்களுக்குள் நகராட்சி அலுவலகத்திலோ, மருத்துவமனையிலேயே என்றால் 3 நாள்களுக்குள்ளோ, பிறப்பைப் பெயருடன் அறிவிக்க வேண்டும். இரண்டு பெயர்கள் வைப்பதானால், அவற்றின் நடுவே காற்புள்ளி போட வேண்டாம் என்று மருமகனிடம் சொல்லுங்கள். காற்புள்ளி இட்டுப் பதிந்த பெயர்களில் முதற்பெயர் மட்டுமே நகராட்சி வழங்கும் சான்றிதழ்களில் இடம்பெறும். பிறகு இந்தியத் துணைத்தூதரகத்தில் குழந்தைக்குக் கடவுச்சீட்டு எடுக்கும்போது இரண்டு ஆவணங்களிலும் பெயர் வேறுபட்டு நிற்கும், அதைச் சரிசெய்ய வீண் அலைச்சல் ஆகும்.