கேமராவோடு கடல் கடக்கும் முன்

கேள்வி: கல்யாண வீடியோ எடுப்பது என் தொழில். இலங்கை மலையகத் தேயிலைத் தொழிலாளர்களின் கூலிப் பிரச்சினையை ஆவணப்படமாக எடுக்க விரும்புகிறேன். எங்கே தொடங்குவது?
– வாசகர், உட்லண்ட்ஸ்

பதில்: முதலில் அனுமதி. சுற்றுலா விசாவை நம்பிப் போகாதீர்கள். தூதரகத்தில் படப்பிடிப்பு அனுமதி கேளுங்கள். கருவிகளுக்கு ஏடிஏ கார்னே எடுங்கள்; வரி கட்டாமல் தற்காலிகமாகக் கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவர உதவும் சுங்க ஆவணம் அது. இங்கே சிங்கப்பூர் அனைத்துலக வர்த்தகச் சபை தருகிறது. அதிகபட்சம் ஓராண்டு செல்லும். அதிலுள்ள பட்டியலில் ஒரு கருவியின் வரிசை எண் பிசகினாலும் சுங்கத்தில் நிற்க வேண்டிவரும். உதிரி லித்தியம் பேட்டரிகள் கைப்பையில்தான் போக வேண்டும். 100 வாட்-மணிக்கு மேல் 160 வரை உள்ளவற்றுக்கு விமான நிறுவனத்தின் ஒப்புதல் தேவை; அதற்கும் மேற்பட்டவற்றைக் கொண்டுபோக முடியாது.

அங்கும் இங்கும் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்தான். 25 ஃபிரேம், 1/50 ஷட்டர் வைத்தால் லயன் அறைகளின் (தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) குழல்விளக்கு மினுக்காது. 100 மெகாபிட் வேகத்தில் ஒரு மணி நேரப் பதிவு 45 ஜிபி பிடிக்கும். அன்றிரவே இரண்டு டிரைவ்களில் நகலெடுத்து, ஒன்றை வேறொருவரிடம் கொடுத்து வையுங்கள்.

எல்லாவற்றையும்விட முக்கியம் சம்மதம். படம் எங்கே, யார் பார்க்கக் காட்டப்படும் என்பதைத் தமிழில் விளக்கி, பேசுபவர் ஒப்புவதைக் கேமராவிலேயே பதியுங்கள். கங்காணி (தோட்ட மேற்பார்வையாளர்) பக்கத்தில் நிற்கும்போது பெறும் சம்மதம் சம்மதமே அல்ல. நீங்கள் விமானம் ஏறிவிடுவீர்கள். பேசியவர் மறுநாள் அதே தோட்டத்தில் கொழுந்து பறிக்க வேண்டும். வேலைக்கு ஆபத்து என்றால் முகத்தை எடுக்கவே எடுக்காதீர்கள். பிறகு மங்கலாக்கலாம் என்றால், அசல் பதிவு யார் கைக்கும் போகக்கூடும்.

இங்கே பொதுவில் திரையிட, ஊடகத்தை ஒழுங்குபடுத்தும் அரசு ஆணையமான ஐஎம்டிஏயின் வயது வகைப்பாடு தேவை.