‘மழை வராதாம்’: முரண்நகை பற்றிக் கேள்வி பதில்

மொழியியல் படித்துவிட்டு, சென்னையில் ஒரு கல்லூரியில் இருபது வருடம் இலக்கணம் நடத்தியவன் என்பதால் இந்த ஞாயிற்றுக்கிழமை என்னைப் பிடித்து உட்கார வைத்திருக்கிறார்கள். கேளுங்கள். ஐரனி, முரண்நகை, நகைமுரண் எல்லாம் ஒன்றுதான். எது நல்ல தமிழ் என்ற சண்டைக்கு நான் வரவில்லை. ஒரு வேண்டுகோள் மட்டும்: ‘சொன்னதற்கு நேர் எதிரான பொருள்’ என்ற விளக்கத்தைச் செருப்போடு சேர்த்து வாசலில் விட்டுவிட்டு வாருங்கள்.

அண்ணா நகர் வாசகர்: அந்த விளக்கத்தில் என்ன தப்பு சார்? பள்ளிக்கூடத்தில் அப்படித்தானே படித்தோம்?

பள்ளிக்கூடத்தின் மேல் தப்பில்லை. முதல் நூற்றாண்டு ரோமில் பேச்சுக்கலை ஆசிரியர் குவிண்டிலியன் சொன்னது அது. சொன்னதற்கு மாறானதைப் புரிந்துகொள்ள வேண்டும் என்றார். இரண்டாயிரம் வருடமாக அது ஓடிக்கொண்டிருக்கிறது.

திருவான்மியூர் பஸ் ஸ்டாப்பில் ஒரு குடும்பம் தொப்பலாக நனைந்து நிற்கிறது. கிளம்பும்போது ‘குடையெல்லாம் எதுக்கு, மழை வராது’ என்று சொன்னவர் கணவர். இப்போது மனைவி யாரையும் பார்க்காமல் சொல்கிறார்: ‘மழை வராதாம்.’ எதிர்ப்பொருள் கணக்குப்படி இதற்கு ‘மழை வரும்’ என்று அர்த்தம். தலையில் தண்ணீர் சொட்ட நிற்பவரிடம் அதை ஏன் சொல்ல வேண்டும்? அந்த அம்மா வானிலைச் செய்தி வாசிக்கவில்லை. கணவர் சொன்ன வாக்கியத்தை அப்படியே எடுத்து, வாலைப் பிடித்துத் தூக்கிக் காட்டுகிறார்.

1975இல் வெளியான கட்டுரையில் கிரைஸ் என்ற தத்துவவாதி, பேச்சில் நாம் உண்மையே சொல்வோம் என்று ஒரு எழுதாத ஒப்பந்தம் இருப்பதாகவும், அதை எல்லோருக்கும் தெரியும்படி மீறும்போது கேட்பவர் வேறு பொருளைத் தேடுவதாகவும் சொன்னார். சரி, ஆனால் ஒருவர் எதற்காக வெளிப்படையான பொய்யைச் சொல்லிச் சுற்றி வர வேண்டும்? அதற்கு 1981இல் டான் ஸ்பெர்பர், டெய்ர்ட்ரி வில்சன் என்ற ஆய்வாளர்கள் இருவரும் தந்த பதில்தான் எனக்குப் பிடித்தது. முரண்நகை என்பது எதிரொலி. யாரோ சொன்னதை, அல்லது யாரோ நினைத்திருக்கக் கூடியதை, நம் வாயால் திரும்பச் சொல்லி, அதன் மேல் நமக்குள்ள இளக்காரத்தையும் கூடவே காட்டுகிறோம். (1984இல் கிளார்க், கெர்ரிக் என்ற இருவர், எதிரொலி இல்லை, அது ஒரு நடிப்பு என்றார்கள். அந்த வழக்கு இன்னும் முடியவில்லை.)

இங்கேதான் தமிழுக்கு ஒரு வசதி இருக்கிறது. ‘ஒரு ஊரில் ஒரு ராஜா இருந்தாராம்’ என்கிறோமே, அந்த ‘ஆம்’. இது என் சொல் இல்லை, கேட்ட சொல் என்று காட்டும் சின்ன ஒட்டு. அதே ஒட்டுதான் ‘மழை வராதாம்’, ‘இவர் பெரிய அறிவாளியாம்’ என்பவற்றிலும் இருக்கிறது. எதிரொலி என்பதற்கான அடையாளத்தை நம் இலக்கணமே கையில் கொடுத்திருக்கிறது. ‘அவர் டாக்டராம்’ என்பதைச் சாதாரணமாகவும் சொல்லலாம், உதட்டைச் சுழித்தும் சொல்லலாம். ஒட்டு ஒன்றுதான், குரல்தான் வேறு.

பெரம்பூர் மாணவி: ஐயா, வஞ்சப்புகழ்ச்சியும் முரண்நகையும் ஒன்றா? தேர்வுக்கு வேண்டும்.

தேர்வில் புத்தகத்தில் உள்ளதை எழுதுங்கள், என்னை மேற்கோள் காட்டி மார்க் இழக்காதீர்கள்.

தேர்வுக்கு அப்பால் என்றால், வஞ்சப்புகழ்ச்சி முரண்நகையின் ஒரு கிளை. தண்டியலங்காரம் என்ற அணி இலக்கண நூல், மனக்குறிப்பை வேறொன்றின் மேல் ஏற்றி மறைக்கும் இலேச அணியைச் சொல்லிவிட்டு, புகழ்வது போலப் பழிப்பதையும் பழிப்பது போலப் புகழ்வதையும் அதோடு சேர்ப்பவர்கள் உண்டு என்கிறது. அதற்கும் வெகு முன்னால் தொல்காப்பியம் அங்கதத்தை, அதாவது வசையை, இரண்டாகப் பிரித்துவிட்டது: நேராகத் திட்டினால் செம்பொருள், மறைத்துத் திட்டினால் பழிகரப்பு.

எல்லோரும் காட்டும் உதாரணம் 1073ஆம் குறள்: ‘தேவர் அனையர் கயவர் அவருந்தாம் மேவன செய்தொழுக லான்.’ கயவர் தேவர் மாதிரி, ஏனென்றால் அவர்களும் நினைத்ததைச் செய்கிறார்கள். இதை எதிர்ப்பொருளாக்கி ‘கயவர் தேவர் அல்லர்’ என்று எழுதிப் பாருங்கள். குறள் செத்துவிடும். வள்ளுவர் சொன்ன காரணம் பொய்யே இல்லை. இருவரும் இஷ்டப்படிதான் நடக்கிறார்கள். அந்த உண்மையில்தான் குத்தல் இருக்கிறது. அதோடு தேவர்களும் லேசாக வாங்கிக் கட்டிக்கொள்கிறார்கள் என்பது என் சந்தேகம்.

குரோம்பேட்டை வாசகர்: என் கல்யாணத்தன்று மழை கொட்டியது. இது ஐரனியா?

இல்லை. மழை.

அம்பத்தூர் வாசகர்: குடை வாங்கிவிட்டுக் கடையை விட்டு வெளியே வந்ததும் மழை நின்றுவிட்டது. இதுவாவது?

மேலே பார்க்கவும். தற்செயல் வேறு, துரதிர்ஷ்டம் வேறு, முரண்நகை வேறு.

சைதாப்பேட்டை வாசகர்: 2015 டிசம்பரில் எங்கள் தெருவில் படகு விட்டார்கள். 2019இல் அதே தெருவில் குடத்தோடு லாரிக்கு நின்றோம். இதையும் மழை என்று சொல்லிவிடாதீர்கள்.

சொல்லமாட்டேன். 2015இல் செம்பரம்பாக்கத்தில் திறந்த தண்ணீர் அடையாற்றில் வந்து உங்களை மூழ்கடித்தது. 2019 கோடையில் அதே ஏரி வறண்டு கிடந்தது; ஜூலையில் ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்தது. ஆனால் வெள்ளமும் வறட்சியும் அடுத்தடுத்து வந்ததே முரண்நகை ஆகிவிடாது. ஆளின் கையும் அதில் இருக்க வேண்டும், அவர் எண்ணியதும் நடந்ததும் மோத வேண்டும். மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு இருக்கிறது. அங்கே நின்று ஏரியைத் தேடுங்கள். ஏரியைத் தூர்த்துத் தி.நகரைக் கட்டிவிட்டு, பெயரை மட்டும் பத்திரமாக வைத்திருக்கிறோம். இது முரண்நகை.

வடபழனி வாசகர்: பாத்திரத்துக்குத் தெரியாது, பார்ப்பவனுக்குத் தெரியும் என்பார்களே, அது?

நாடக முரண்நகை. பழைய கிரேக்க நாடகாசிரியர் சோபோக்ளிஸின் நாடகங்களை வைத்து 1833இல் தர்ல்வால் என்ற ஆங்கில அறிஞர் எழுதிய கட்டுரைக்குப் பிறகு இந்தக் கருத்து பரவியது. நமக்கு அவ்வளவு தூரம் போக வேண்டாம். கோவலன் மதுரையை நெருங்கும்போது கோட்டைக் கொடிகள் ‘வாரல் என்பனபோல் மறித்துக்கை காட்ட’ என்கிறார் இளங்கோ. தேர்வில் இதைத் தற்குறிப்பேற்றம் என்று எழுதி முடித்துவிடுவோம். வராதே என்று கொடி சொல்வது நமக்குக் கேட்கிறது, கோவலனுக்குக் கேட்கவில்லை. அப்புறம் அவன் சிலம்பை யாரிடம் கொண்டுபோய்க் காட்டுகிறான் என்று யோசியுங்கள். அரசியின் சிலம்பைத் திருடியவனிடமே.

நங்கநல்லூர் வாசகி: குடும்ப வாட்ஸ்அப் குழுவில் நாத்தனாரை ‘நீங்க ரொம்ப பிஸி’ என்று எழுதினேன். மூன்று மாதமாகப் பேச்சில்லை.

எழுத்தில் குரல் போகாது அம்மா. இதற்காகத்தான் 1982இல் ஃபால்மன் என்ற கணினிப் பேராசிரியர் நகைச்சுவையை அடையாளம் காட்ட :-) குறியைப் போடச் சொன்னார். நாத்தனாருக்கு அதுவும் உதவுமா என்பது என் துறை இல்லை. போன் செய்யுங்கள்.

மயிலாப்பூர் வாசகர்: புறநானூறு 95ஐ எல்லோரும் முரண்நகைக்கு உதாரணமாகக் காட்டுகிறார்கள். தொண்டைமானின் ஆயுதங்கள் பீலி அணிந்து, மாலை சூட்டி, நெய் பூசி இருக்கின்றன. அதியமானின் ஆயுதங்கள் பகைவரைக் குத்தி நுனி சிதைந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. ஔவை சொன்னது அத்தனையும் உண்மை. துறையும் வாண்மங்கலம், அதாவது ஆயுதத்தை வாழ்த்துவது. நக்கல் எங்கே இருக்கிறது?

ஐயா, காலையிலிருந்து இப்படி ஒரு கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். உண்மையாக இருப்பதுதான் விஷயமே. அதியமானுக்காகத் தூது வந்த ஔவையிடம் தொண்டைமான் தன் ஆயுதக் கொட்டிலைப் பெருமையாகக் காட்டுகிறான்; அந்தப் பெருமையை ஔவை எதிரொலிக்கிறார். ‘ஆமாம், அழகாக இருக்கின்றன.’ அழகு என்பது போர் பார்க்காத ஆயுதத்துக்கே உண்டு என்பதை அவனே கண்டுபிடிக்கட்டும்.

அவரே: கொட்டில், தூது எல்லாம் பாட்டின் அடியில் உள்ள கொளு, அதாவது பாட்டு பிறந்த சூழலைச் சொல்லும் குறிப்பு, சொல்வது. கொளு பின்னால் தொகுத்தவர்கள் சேர்த்தது என்கிறார்கள். கொளுவைப் படித்துவிட்டுப் பாட்டில் நக்கலைக் கேட்கிறீர்கள்.

பாதி ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கொளுவைக் கையால் மூடிவிட்டுப் படித்தாலும் ‘இவ்வே’ என்று தொடங்குகிறதே பாட்டு? சொல்பவர் அந்த ஆயுதங்களுக்கு முன்னால்தான் நிற்கிறார். அடுத்து ‘கடியுடை வியனகர் அவ்வே’. காவல் உள்ள பெரிய வீட்டில் இருக்கின்றனவாம். காவல் காக்க வேண்டிய ஆயுதங்களுக்கே காவல்!

தாம்பரம் வாசகர்: குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். எதிரியின் ஆயுதம் எல்லாம் பட்டறையில் என்று தெரிந்தால் தொண்டைமான் உடனே படையெடுக்க மாட்டானா?

சிரித்துவிட்டேன் தம்பி. ஆனால் கேள்வி சரியானது. நேராக எடுத்துக்கொள்ளும் ஆளிடம் முரண்நகை பேசுவது எப்போதும் ஆபத்துதான். தூது போனவருக்கு அந்தத் துணிச்சல் இருந்திருக்கிறது.

மறுபடி மயிலாப்பூர்: கடைசி வரிகளை விட்டுவிட்டீர்கள். ‘உண்டாயின் பதம் கொடுத்து, இல்லாயின் உடன் உண்ணும்’ தலைவன். இருந்தால் சோறு கொடுப்பான், இல்லாவிட்டால் இருப்பதை அவர்களோடு சேர்ந்து உட்கார்ந்து உண்பான். இதில் எதிரொலியும் இல்லை, எள்ளலும் இல்லை. பாட்டு முடிவது இங்கேதான்.

ஆமாம் ஐயா. அங்கே குரல் மாறிவிடுகிறது. வகுப்பில் நான், ஆயுதங்கள் பட்டறையில் கிடக்கும் ‘கொல்துறைக் குற்றில’ என்ற இடத்தில் பிள்ளைகள் சிரிக்கும் வரை காத்திருந்து, மணி அடிப்பதற்குள் முடிக்க இந்த வரிகளை அவசரமாகத் தாண்டியிருக்கிறேன். இருபது வருடம்.

இன்னும் பதினோரு கேள்விகள் பாக்கி. அவற்றில் எட்டு ‘இது ஐரனியா’ வகை, அதில் ஐந்து மழை பற்றியவை. எட்டுக்கும் பதில்: இல்லை. காளமேகத்தின் சிலேடை கேட்ட இருவரும், இளக்காரத்துக்கும் எள்ளலுக்கும் வேறுபாடு கேட்ட வில்லிவாக்கம் நண்பரும் அடுத்த ஞாயிறு வாருங்கள்.