ஜப்பானின் பழைய ஊர்களில் மூன்று நாள்: கேட்டவர்களுக்குப் பதில்கள்

நகோயாவில் குடியேறியபின், வருகின்ற உறவினர்களையும் நண்பர்களையும் கிசோ பள்ளத்தாக்குக்கும் ஹிதா மலைப்பகுதிக்கும் அழைத்துச் செல்வது எனக்கு ஏறக்குறைய ஆண்டுக் கடமையாகிவிட்டது. சில முறை நானே வழிகாட்டினேன். சில முறை உள்ளூர் வழிகாட்டிகளின் பின்னால் நடந்து கற்றுக்கொண்டேன். வந்திருந்த கேள்விகளில் ஒரே பொருளில் இருந்தவற்றைச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி: தோக்கியோவுக்கும் கியோத்தோவுக்கும் இடையே எங்களுக்கு மூன்று நாள்கள் கிடைக்கின்றன. மாகோமே, ட்சுமாகோ, தகயாமா, ஷிரகாவா-கோ, கானசாவா ஆகிய ஐந்தையும் வழிகாட்டியோடு பார்த்துவிட முடியுமா? (ஓய்வுபெற்ற தம்பதியர், திருச்சி)

பதில்: பேருந்தின் கண்ணாடி வழியாகப் பார்த்துவிடலாம். அதற்குமேல் முடியாது. ஒரே மலைத்தொகுதி போல வரைபடத்தில் தெரிந்தாலும், கிசோ பள்ளத்தாக்கும் (மாகோமே, ட்சுமாகோ) ஹிதா பகுதியும் (தகயாமா, ஷிரகாவா-கோ) வெவ்வேறு தடங்களில் இருக்கின்றன. ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போக நகோயாவுக்குத் திரும்பி வேறு ரயில் பிடிக்க வேண்டும், அல்லது மத்சுமோத்தோ வரை சென்று அங்கிருந்து மலைப்பாதையில் பேருந்தில் வர வேண்டும். இரண்டில் எதைத் தேர்ந்தாலும் அரை நாளுக்கு மேல் போய்விடும்.

ஆகவே ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். நடக்க விருப்பமுள்ளவர்களுக்குக் கிசோ ஏற்றது: நகோயாவிலிருந்து நகட்சுகவா வரை விரைவு ரயிலில் ஏறக்குறைய ஐம்பது நிமிடம், அங்கிருந்து மாகோமேக்குப் பேருந்தில் அரை மணி நேரம். பெரிய வீடுகளும் மலைச்சிற்றூர்களும் பார்க்க விரும்புவோருக்கு ஹிதா: நகோயாவிலிருந்து தகயாமாவுக்கு ரயிலில் இரண்டரை மணி நேரம், தகயாமாவிலிருந்து ஷிரகாவா-கோவுக்குப் பேருந்தில் ஐம்பது நிமிடம், அங்கிருந்து கானசாவாவுக்கு இன்னும் ஒன்றேகால் மணி நேரம் அளவில். இரண்டாவது தடத்தின் வசதி என்னவென்றால், வந்த வழியே திரும்ப வேண்டியதில்லை; கானசாவாவிலிருந்து தோக்கியோவுக்கு நேராகப் புல்லட் ரயில் உண்டு.

எதைத் தேர்ந்தாலும் ஓர் இரவையாவது சிற்றூருக்குள்ளேயே கழியுங்கள். பகல் பதினோரு மணிக்கு ஷிரகாவா-கோவில் நீங்கள் காண்பது பெரும்பாலும் சக பயணிகளின் முதுகுகளைத்தான். மாலையில் சுற்றுலாப் பேருந்துகள் கிளம்பிய பிறகுதான் வாய்க்காலில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்கும். ஐந்து ஊர்களைக் காட்டி இரவுக்கு நகர விடுதிக்குத் திரும்பும் பயணத்திட்டத்தைவிட, இரண்டே ஊர்களைக் காட்டி அங்கேயே தங்க வைக்கும் திட்டத்துக்குக் கூடுதல் பணம் கொடுப்பது நியாயம் என்பது என் கருத்து.

கேள்வி: கைப்பேசியில் வழியும் மொழிபெயர்ப்பும் இருக்கும்போது வழிகாட்டி எதற்கு? (மென்பொருள் பணியாளர், சென்னை)

பதில்: வழி காட்டுவதற்குத் தேவையில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். மாகோமே–ட்சுமாகோ பாதையில் பலகைகள் ஆங்கிலத்திலும் இருக்கின்றன. வழி தவறுவது கடினம். கண்ணுக்குத் தெரியாததைக் காட்டத்தான் வழிகாட்டி தேவை.

ஓர் எடுத்துக்காட்டுச் சொல்கிறேன். ட்சுமாகோவில் 'வாகி-ஹோன்ஜின்' எனப்படும் ஒரு பெரிய வீடு இருக்கிறது. சிற்றரசர்கள் தங்கிய முதன்மைச் சத்திரம் ஹோன்ஜின். அதற்கு அடுத்த நிலையிலுள்ள சத்திரம் இது. தனியாகப் போனால், அழகான இருண்ட மரவீடு என்று எண்ணி வெளியே வந்துவிடுவீர்கள். அந்த வீடு 1877ஆம் ஆண்டில் ஹினோகி என்ற ஜப்பானிய சைப்ரஸ் மரத்தால் திரும்பக் கட்டப்பட்டது என்று வழிகாட்டி சொல்லும்போதுதான், அதில் ஒரு காலமாற்றமே அடங்கியிருப்பது புரியும். ஏனெனில் 'எதோ காலம்' எனப்படும் ஷோகுன்களின் (படைத்தலைவர்களாக இருந்து நாட்டை ஆண்டவர்களின்) ஆட்சிக்காலத்தில் கிசோ காடுகள் ஓவாரி சிற்றரசின் கட்டுப்பாட்டில் இருந்தன. ஹினோகி உள்ளிட்ட ஐந்து வகை மரங்களை மக்கள் வெட்டக் கூடாது. 'மரம் ஒன்றுக்குத் தலை ஒன்று' என்று இன்றும் அங்கே சொல்வார்கள். சுற்றிலும் ஹினோகி காடு இருக்க, அதைக் கொண்டு வீடு கட்டும் உரிமை அந்த ஊராருக்கு ஆட்சி மாறிய பிறகே கிடைத்தது.

இன்னொரு செய்தி: 2018 முதல் உரிமம் இல்லாதவர்களும் கட்டணம் பெற்று வழிகாட்டச் சட்டம் இடம் தருகிறது. தேசியத் தேர்வில் தேறியவர்கள் தனிப் பட்டம் பெற்றிருப்பார்கள். ஆனால் பட்டம் மட்டும் போதாது. பதிவு செய்யுமுன், அந்த வழிகாட்டி அந்தப் பள்ளத்தாக்கைச் சேர்ந்தவரா, குழுவில் எத்தனை பேர் என்ற இரண்டையும் கேளுங்கள். பன்னிரண்டு பேருக்கு மேற்பட்ட குழு ஒரு பழைய வீட்டுக்குள் நுழைந்தால் பின்வரிசைக்கு எதுவும் கேட்காது.

கேள்வி: இந்த ஊர்கள் உண்மையிலேயே பழையவையா, அல்லது சுற்றுலாவுக்காக அமைத்த திரைப்பட அரங்கு போன்றவையா? (ஆசிரியை, யாழ்ப்பாணம்)

பதில்: நல்ல கேள்வி, அம்மா. பதில் ஊருக்கு ஊர் மாறும்.

எதோவையும் (இன்றைய தோக்கியோ) கியோத்தோவையும் மலைகளின் வழியே இணைத்த நகசெந்தோ என்ற நெடுஞ்சாலையில் 69 சத்திர ஊர்கள் இருந்தன; அவற்றுள் பதினொன்று கிசோவில். அரசு ஊழியர்கள், யாத்திரிகர்கள், பெரும் பரிவாரத்தோடு சிற்றரசர்கள் எனப் பலரும் அவ்வழியே சென்றார்கள். 1861இல் ஷோகுனை மணப்பதற்காகக் கியோத்தோவிலிருந்து புறப்பட்ட இளவரசி கசுனோமியாவின் ஊர்வலமும் இவ்வூர்களைக் கடந்துதான் போனது. பிறகு ரயில் வந்தது. தண்டவாளம் ஆற்றோரமாகச் சென்றதால் ட்சுமாகோ ஒதுங்கிப்போயிற்று. பிழைப்புத் தேடி இளைஞர்கள் வெளியேறினார்கள். இடித்துப் புது வீடு கட்டுவதற்குப் பணம் இல்லாததால் பழைய வீடுகள் தப்பின. வறுமை காத்துக்கொடுத்த ஊர் என்றே அதைச் சொல்லலாம்.

1968இல் சீரமைப்பு தொடங்கியது. 1971இல் ஊரார் கூடி, வீடுகளை விற்பதில்லை, வாடகைக்கு விடுவதில்லை, இடிப்பதில்லை என்று தங்களுக்குத் தாங்களே ஒரு சாசனம் எழுதிக்கொண்டார்கள். பழைய கட்டடத் தொகுதிகளைக் காக்கும் தேசிய ஏற்பாடு 1975இல் சட்டமானபோது, அடுத்த ஆண்டு முதன்முதலாகத் தேர்வான ஊர்களில் ட்சுமாகோவும் ஒன்று. இன்று அந்தப் பட்டியலில் நூற்றிருபதுக்கும் மேற்பட்ட பகுதிகள் இருக்கின்றன. பகலில் முதன்மைத் தெருவுக்குள் வண்டிகள் வரக் கூடாது. மின்கம்பங்களையும் கண்ணில் படாமல் வீடுகளின் பின்புறத்துக்கு நகர்த்திவிட்டார்கள்.

மாகோமே வேறு வகை. 1895லும் 1915லும் நேர்ந்த தீவிபத்துகளில் பெரும்பகுதி எரிந்து, மீண்டும் கட்டப்பட்ட ஊர் அது. கல் பாவிய சரிவுத் தெரு அழகானது. ஆனால் கட்டடங்களின் வயது ட்சுமாகோவினுடையதன்று. இதைச் சொல்லாமல் மறைக்கும் வழிகாட்டியை நான் நம்பமாட்டேன். கூட்டம் குறைவான, ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் நீளமுள்ள பழைய தெருவைப் பார்க்க வேண்டுமானால், அதே பள்ளத்தாக்கின் வடக்கிலுள்ள நாராய்க்குப் போங்கள். ரயில் நிலையத்தை விட்டு இறங்கினால் சில நிமிட நடையில் தெரு தொடங்கிவிடும்.

கேள்வி: ஷிரகாவா-கோ வீடுகளின் கூரை ஏன் அவ்வளவு செங்குத்தாக இருக்கிறது? பனிக்காக மட்டுமா? (கட்டடக்கலை மாணவர், மதுரை)

பதில்: பனி முதல் காரணம். 'காஷ்ஷோ' என்றால் கூப்பிய கைகள். ஏறத்தாழ அறுபது பாகைச் சாய்வில் இரு புறமும் எழும்பும் கூரைக்கு அந்தப் பெயர் பொருத்தமே. ஆனால் கூரையின் உயரத்துக்குப் பட்டுப்புழுவும் காரணம். பயிர் செய்ய நிலம் குறைந்த அப்பள்ளத்தாக்கில், மக்கள் கூரைக்குக் கீழுள்ள வெளியை இரண்டு மூன்று தளங்களாகப் பிரித்து, முசுக்கொட்டை இலை போட்டுப் பட்டுப்புழு வளர்த்தார்கள். கீழே கணப்பு எரியும். வெப்பமும் புகையும் மேலே ஏறும். அந்தப் புகை வேய்ந்த புல்லையும் கட்டிய கயிற்றையும் பூச்சி அரிக்காமல் காத்தது. இன்று பெரும்பாலோர் கணப்பு மூட்டுவதில்லை. அதனால் கூரையின் ஆயுள் குறைகிறது என்று அங்குள்ள முதியவர்கள் குறைப்படுவார்கள்.

வீட்டுக்கு அடியிலும் ஒரு தொழில் நடந்தது. தரைக்குக் கீழே குழி வெட்டி, மண்ணும் புல்லும் பட்டுப்புழுக் கழிவும் அடுக்கி, ஆண்டுக்கணக்கில் மக்கவிட்டு வெடியுப்பு எடுத்தார்கள். ஷிரகாவா-கோவுக்கு அடுத்துள்ள கொகயாமா பகுதியின் கிராமங்கள் அதைக் காகா சிற்றரசுக்கு அளித்தன. ஒரே வீட்டின் உச்சியில் பட்டும் அடியில் வெடிமருந்தின் மூலப்பொருளும் உருவாயின என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்பாகவே இருக்கிறது.

நீங்கள் மாணவர் என்பதால் கூரைச் சட்டத்தின் முடிச்சுகளை உற்றுப் பாருங்கள். அங்கே ஆணி கிடையாது. வைக்கோல் கயிறும், பச்சையாக இருக்கும்போதே முறுக்கிக் கட்டிய இளங்கிளைகளும்தான் பிடித்திருக்கின்றன. காற்றும் பனிச்சுமையும் அழுத்தும்போது சட்டம் ஓரளவு இணங்கிக் கொடுக்கும். வீடுகளின் முக்கோண முகப்புகள் பெரும்பாலும் வடக்கும் தெற்கும் பார்க்கின்றன. பள்ளத்தாக்கின் வழியே வீசும் காற்றை வீடு குறுகிய பக்கத்தால் எதிர்கொள்கிறது, கூரையின் இரு சரிவுகளிலும் வெயில் படுகிறது. முப்பது நாற்பது ஆண்டுக்கு ஒருமுறை கூரை மாற்றும்போது ஊரே கூடி வேலை செய்யும் வழக்கத்துக்கு 'யூய்' என்று பெயர். நம் ஊர்களில் கைமாற்றாக நடவுக்குப் போவது போன்ற கணக்கு அது.

ஓகிமாச்சி, ஐனோகுரா, சுகனுமா ஆகிய மூன்று ஊர்களும் சேர்ந்துதான் 1995இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்றன. எல்லோரும் போவது ஷிரகாவா-கோவிலுள்ள ஓகிமாச்சிக்கு. கொகயாமாவிலுள்ள மற்ற இரண்டும் சிறியவை. சுகனுமாவில் ஒன்பது காஷ்ஷோ வீடுகளே உள்ளன. உங்களைப் போன்று வரைந்து பார்க்க நேரம் வேண்டுவோருக்கு ஐனோகுராவில் ஓர் இரவைப் பரிந்துரைப்பேன்.

கேள்வி: அறுபத்தாறு வயதான என் தாயாருக்கு முழங்கால் வலி உண்டு. மாகோமே–ட்சுமாகோ நடை முடியுமா? (கோயம்புத்தூர்)

பதில்: ஏறக்குறைய எட்டுக் கிலோமீட்டர், நின்று நிதானித்து நடந்தால் மூன்று மணி நேரம். மாகோமேயிலிருந்து தொடங்கினால் எண்ணூறு மீட்டர் அளவிலுள்ள கணவாய் வரை முதலில் ஏற்றம், பிறகு நீண்ட இறக்கம். மூச்சுக்கு இந்தத் திசை எளிது; ஆனால் முழங்காலுக்கு இறக்கமே பகை, அதிலும் ஈரக்கல்லில் கூடுதல் கவனம் வேண்டும். உங்கள் தாயார் கணவாய் வரை பேருந்தில் வந்து, அங்கிருந்து வழியிலுள்ள பழைய தேநீர்க் குடில் வரை மட்டும் நடக்கலாம். முடியாவிட்டால் இரு ஊர்களுக்கும் இடையே பேருந்து இருக்கவே இருக்கிறது. ஆனால் அது நாளுக்குச் சில முறையே ஓடுவதால் நேர அட்டவணையைப் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

வழிநெடுக மணிகள் தொங்கும். அவை கரடிகளுக்கு நாம் வருவதை அறிவிப்பதற்கானவை. தயங்காமல் அடித்துவிட்டுப் போங்கள். பெட்டிகளை ஓர் ஊரின் தகவல் நிலையத்தில் கொடுத்து மற்றதில் பெறும் சேவை குளிர்காலத்தில் இராது.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம். மலைச் சத்திரங்களில் என்ன உண்பது? (பலர் கேட்டது)

பதில்: இதை நீட்டித்தான் எழுத வேண்டும், ஏனெனில் ஏமாற்றம் பெரும்பாலும் இங்கேதான் நேர்கிறது. இறைச்சியையும் மீன் துண்டையும் தவிர்ப்பது எளிது. சிக்கல் 'தாஷி' என்ற அடிச்சாற்றில் இருக்கிறது. உலர்த்திய சூரை மீனைச் சீவி, கடற்பாசியோடு ஊறவைத்து எடுக்கும் அந்தச் சாறு மிசோ (புளிக்கவைத்த சோயா விழுது) சூப்பிலும், சோபா நூடுல்ஸைத் தோய்க்கும் குழம்பிலும், வெந்த காய்கறியிலும்கூட இருக்கும். 'சைவம்' என்று மட்டும் சொன்னால், மீனை எடுத்துவிட்டுச் சாற்றை விட்டுவிடுவார்கள். அவர்கள் கணக்கில் அது தவறும் அன்று. ஆகவே இப்படிச் சொல்லுங்கள்: "நிகு மோ, ஸகானா மோ தபேமஸென். ஸகானா நோ தாஷி மோ தபேமஸென்." இறைச்சியும் மீனும் உண்பதில்லை, மீன் சாறும் உண்பதில்லை என்பது இதன் பொருள்.

இதை வந்து இறங்கிய பிறகு சொல்லாதீர்கள். சிறிய விடுதிகளில் வருபவர்களின் எண்ணிக்கைக்கு ஏற்பவே பொருள் வாங்கிச் சமைக்கிறார்கள். முன்பதிவின்போதே பயண ஏற்பாட்டாளர் வழியாக எழுத்தில் தெரிவித்து, விடுதியின் ஒப்புதலைக் கேட்டு வாங்குங்கள். ஒரு முறை இந்தக் கடைசிப் படியை நான் விட்டுவிட்டேன். என் அத்தைக்கு அன்றிரவு வெறும் சோறும் ஊறுகாயும்தான் கிடைத்தன. விடுதி அம்மையார் எங்களைவிட அதிகமாக வருந்தினார்.

வழியில் நம்பிக்கையாக உண்ணத் தக்கவை: இடித்த சோற்றைக் குச்சியில் பிடித்து, வால்நட்டும் எள்ளும் சேர்ந்த மிசோ பூசிச் சுடும் 'கோஹெய்-மோச்சி' (பூச்சில் மீன் சாறு உண்டா என்று மட்டும் கேளுங்கள்), காய்கறிப் பூரணம் வைத்த நாகானோவின் 'ஓயாகி', இலையுதிர் காலத்தில் நகட்சுகவாவில் கிடைக்கும் கஷ்கொட்டை இனிப்பு. கஷ்கொட்டையும் சர்க்கரையும் மட்டுமே சேர்ந்த அந்த இனிப்புக்காகவே நான் அக்டோபரில் போவேன். கையில் பருப்புப்பொடியும் ஊறுகாயும் இருப்பது வெட்கப்பட வேண்டிய செய்தியன்று.

கேள்வி: விடுதிகளில் பொதுக் குளியல் என்கிறார்களே, கட்டாயமா? (இல்லத்தரசி, ஈரோடு)

பதில்: கட்டாயமில்லை. ஆண், பெண் பகுதிகள் தனித்தனி. சிறு விடுதிகளில் ஒரே குளியலறையைக் குடும்பம் குடும்பமாக முறைவைத்துப் பூட்டிக்கொண்டு குளிக்கவும் விடுகிறார்கள். உடலை வெளியிலேயே நன்றாகத் தேய்த்துக் கழுவிய பின்னரே தொட்டிக்குள் இறங்க வேண்டும். அடுத்தவரும் அதே தண்ணீரில் இறங்குவார் என்பதால் தொட்டியை வடித்துவிடாதீர்கள். அறைகளுக்கு இடையே இருப்பது காகிதக் கதவு என்பதையும் சொல்லிவைக்கிறேன். குறட்டை விடுபவர் கூட வந்தால் காதடைப்பான் எடுத்து வாருங்கள்.

கேள்வி: ரயில் பாஸ் வாங்கலாமா? (பலர் கேட்டது)

பதில்: இந்தக் குறும்பயணத்துக்கு மட்டும் வேண்டாம். நாடு தழுவிய ஏழு நாள் பாஸ் 2023 அக்டோபரில் 29,650 யென்னிலிருந்து 50,000 யென்னாக உயர்ந்தது. தனித்தனிச் சீட்டே மலிவு.

கேள்வி: பனிக்கால விளக்கொளிப் படங்களைப் பார்த்து ஷிரகாவா-கோவுக்கு வர ஆசைப்படுகிறோம். பிப்ரவரியில் வந்தால் பார்க்கலாமா? (பெங்களூர்த் தமிழ்க் குடும்பம்)

பதில்: குளிர்காலத்தில் குறிப்பிட்ட சில மாலைகளில் மட்டுமே விளக்கேற்றுகிறார்கள், முன்பதிவு இல்லாமல் ஊருக்குள் விடுவதில்லை. அதற்கு இடம் கிடைக்காவிட்டால் வருந்தாமல் சாதாரண நாளில் வாருங்கள்; கூரையில் பனி அதேதான். நழுவாத அடிப்பகுதியுள்ள காலணி கட்டாயம். கடும் பனியில் பேருந்து நின்றுபோகும் நாள்களும் உண்டு என்பதால், ஊர் திரும்பும் விமானத்துக்கு முந்தைய நாளில் இந்தப் பயணத்தை வைக்காதீர்கள்.

குழந்தைகள் உடன் வருவதால் இதையும் சேர்த்துக்கொள்கிறேன்: அந்த வீடுகளில் இன்றும் மக்கள் குடியிருக்கிறார்கள். நுழைவுச்சீட்டு வாங்கிப் பார்க்கும் வீடுகள் சில மட்டுமே. மற்றவற்றின் முற்றத்தில் பனி குவிந்திருந்தாலும் அது விளையாட்டிடம் அன்று, ஒருவருடைய தோட்டம். புல் கூரைகள் நிறைந்த ஊரில் வெளியில் புகைபிடிப்பதும் பட்டாசு, மத்தாப்பு கொளுத்துவதும் கூடாது. குப்பைத்தொட்டி ஏறக்குறைய எங்கும் கிடையாது. ஆளுக்கொரு சிறு பை எடுத்துச் செல்லுங்கள், விடுதிக்குத் திரும்பிப் போட்டுக்கொள்ளலாம்.