‘பெர்சோனா’வில் பேசுகிறவர்

அன்புள்ள ஐயா,

போன மாதம் எங்கள் திரைப்படச் சங்கத்தில் ‘பெர்சோனா’ திரையிட்டோம். படம் முடிந்ததும் வழக்கம்போல வட்டமாக உட்கார்ந்து பேசினோம். பேச்சு முழுக்க அதை இயக்கிய இங்மர் பெர்க்மன்தான். இரண்டு நாயகிகளின் முகங்களும் ஒன்றாகும் அந்த ஷாட்டைப் பற்றி மட்டும் அரை மணி நேரம் ஓடியது. நர்ஸாக நடித்த பெண்ணைப் பற்றி யாரும் வாயே திறக்கவில்லை. படம் முழுக்கப் பேசுகிறவர் அவர்தானே? வீட்டுக்கு வந்து தேடினேன், பிபி ஆண்டர்சன் என்ற பெயர் கிடைத்தது. எந்தக் கட்டுரையைத் திறந்தாலும் முதல் வரியிலேயே ‘பெர்க்மனின் நாயகி’ என்று இருக்கிறது. அவ்வளவுதானா அவர்?

இன்னொரு சந்தேகம். இரவில் அவர் ஒரு கடற்கரைச் சம்பவத்தைச் சொல்கிறார் அல்லவா, அந்தக் கடற்கரை படத்தில் வரவே இல்லை என்று நண்பர் அடித்துச் சொல்கிறார். நான் பார்த்ததாகத்தான் நினைவிருக்கிறது. யார் சொல்வது சரி?

எஸ்., கோவை

அன்புள்ள எஸ்.,

உங்கள் நண்பர் சொல்வதுதான் சரி. நர்ஸ் சொல்லும் அந்தக் கடற்கரை படத்தில் ஒரு ஃபிரேமில்கூட இல்லை. ஆனால் நீங்கள் பார்த்ததும் பொய்யில்லை. உங்கள் முதல் கேள்விக்கான பதிலும் அங்கேதான் இருக்கிறது என்பதால் அந்தக் காட்சியிலிருந்தே தொடங்குகிறேன்.

அங்கே இருப்பது ஒரு அறை, இரண்டு பெண்கள், அவ்வளவுதான். பேச்சை நிறுத்திவிட்ட நடிகை எலிசபெத் கட்டிலில் இருக்கிறாள். நர்ஸ் ஆல்மா சற்றுத் தள்ளி நாற்காலியில், இரவு உடையில், காலை மடக்கி உட்கார்ந்து சிகரெட் பிடித்தபடி பேசுகிறாள். தானும் இன்னொரு பெண்ணும் ஆளில்லாத கடற்கரையில் வெயில் காய்ந்துகொண்டிருந்தது, முன்பின் தெரியாத இரண்டு பையன்கள் வந்தது, அதன்பின் நடந்தது, கருவைக் கலைத்தது. கேமரா பேசுகிறவளையும் கேட்கிறவளையும் விட்டு எங்கேயும் போகவில்லை. இன்னொரு இயக்குநராக இருந்தால் மணலையும் வெயிலையும் காட்டித் தள்ளியிருப்பார். பெர்க்மன் காட்டவில்லை. காட்டத் தேவையில்லை என்று அவரை நம்பவைத்தது எதிரே உட்கார்ந்திருந்த நடிகையின் திறமை.

பிபியைக் கவனித்தால் தெரியும், அவர் இந்தக் கதையை உணர்ச்சி பொங்கச் சொல்வதில்லை. முதலில் சாதாரணமாக, ஒரு வேடிக்கையைச் சொல்வதுபோல ஆரம்பிக்கிறார். தொப்பி இருந்தது, அதன் நிறம் இது என்ற அளவுக்குச் சில்லறை விவரங்கள். சொல்லச் சொல்ல அவருக்கே அது மறுபடி தெரிய ஆரம்பிக்கிறது. நம்மைப் பார்த்துச் சொல்வதை விட்டுவிட்டு, தான் பார்ப்பதைச் சொல்கிறார். நாடக மேடையில் வளர்ந்தவர்களின் வித்தை இது. மேடையில் பெரிய சம்பவங்கள் பல வெளியேதான் நடக்கும். ஒருவர் வந்து சொல்ல வேண்டும். சொல்கிறவர் கண்ணுக்கு அது தெரிந்தால்தான் கடைசி வரிசைக்காரருக்கும் தெரியும். உங்களுக்கும் அப்படித்தான் தெரிந்திருக்கிறது.

இந்தக் காட்சியை வெட்டிவிடச் சொல்லி பெர்க்மனுக்கு யோசனை வந்தது. படமாக்கிப் பார்ப்போம் என்றவர் பிபி. ஆனால் சில வரிகளை எந்தப் பெண்ணும் அப்படிச் சொல்ல மாட்டாள், அவற்றை நான் மாற்றிக்கொள்கிறேன் என்றும் சொன்னார். இது அவரே பிற்காலத்தில் சொன்னது. ஆக, சினிமா வரலாற்றில் மிகவும் பேசப்பட்ட தனிமொழிகளில் ஒன்றில் எழுத்தளவிலேயே அவர் கை இருக்கிறது. ‘பெர்க்மனின் நாயகி’ என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறவர்கள்மேல் எனக்கு வருத்தம் வருவது இதனால்தான்.

சரி, அவர் வாழ்க்கைக்கு வருகிறேன். 1935 நவம்பர் 11-ஆம் தேதி ஸ்டாக்ஹோமில் பிறந்தவர். அக்கா யேர்ட் ஆண்டர்சன் பாலே கலைஞர். பிபி முதன்முதலில் பெர்க்மன் கேமரா முன்னால் நின்றது ஒரு சோப்பு விளம்பரத்துக்காக. 1951-இல் ஸ்வீடன் படத் தயாரிப்பாளர்கள் கேளிக்கை வரியை எதிர்த்துப் படப்பிடிப்பை நிறுத்திவிட்டார்கள். வேலை இல்லாமல் இருந்த பெர்க்மன், குடும்பத்தை ஓட்ட ‘பிரிஸ்’ என்ற சோப்புக்கு ஒன்பது விளம்பரப் படங்கள் எடுத்துக்கொடுத்தார். அதில் ஒன்று, பன்றி மேய்ப்பவனும் இளவரசியும் வரும் பழைய தேவதைக் கதை. சோப்புக்கு விலையாக அவன் இளவரசியிடம் நூறு முத்தங்கள் கேட்கிறான். அந்த இளவரசி பிபி. வயது பதினைந்து.

அப்புறம் 1954 முதல் 1956 வரை ட்ராமாட்டனின் நடிப்புப் பள்ளியில் படித்தார். ட்ராமாட்டன் என்பது 1788-இல் தொடங்கப்பட்ட ஸ்வீடனின் அரச நாடக அரங்கம். கிரெட்டா கார்போ, இங்க்ரிட் பெர்க்மன் இருவரும் படித்த பள்ளி அது. படிப்பு முடிந்ததும் பிபி தெற்கே மால்மோ நகர நாடக அரங்கத்துக்குப் போனார். பெர்க்மன் அப்போது அங்கே இயக்குநர்.

அங்கே வேலை எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் அந்தக் காலத்துப் படங்கள் பிடிபடும். இலையுதிர் காலத்திலிருந்து வசந்தம் வரை நாடகம். கோடையில் அரங்கம் மூடியிருக்கும், வெளிச்சமும் நீண்டு கிடைக்கும், அதே ஆட்கள் படம் எடுக்கக் கிளம்பிவிடுவார்கள். மாக்ஸ் வான் சிடோ, இங்க்ரிட் தூலின், குன்னெல் லிண்ட்ப்ளோம், பிபி எல்லாரும் குளிர்காலம் முழுக்க ஒரே மேடையில் நின்றவர்கள். ஒருவர் மூச்சு இன்னொருவருக்குத் தெரியும். பெர்க்மனின் ‘செவன்த் சீல்’ 1956 கோடையில் முப்பத்தைந்து நாளில் எடுத்து முடிக்கப்பட்டது என்றால் பின்னால் இருந்தது இந்தப் பழக்கம். அதில் கூத்தாடிக் குடும்பத்தின் மியாவாக, மலைச்சரிவில் உட்கார்ந்து போர்வீரனுக்குப் பாலும் காட்டு ஸ்ட்ராபெரியும் கொடுப்பாரே, அந்தப் பெண்ணுக்கு அப்போது இருபது வயது. படம் முழுக்கக் கொள்ளைநோயும் சாவும். அதற்கு நடுவில் அவர் தருவது ஒரு கிண்ணம் பால்தான், போர்வீரனுக்கு அது போதுமாக இருக்கிறது.

அடுத்த கோடையில் ‘வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்’. விக்டர் ஷேஸ்ட்ரோமுக்கு அப்போது எழுபத்தேழு வயது. மௌனப்பட காலத்தின் பெரிய இயக்குநர். அவர் நடித்த கிழவர் இளமையில் காதலித்த சாரா, இப்போது காரில் லிஃப்ட் கேட்டு ஏறிக்கொள்ளும் இன்னொரு சாரா, இரண்டு வேடமும் பிபிக்கு. கனவுக் காட்சி ஒன்றில் பழைய சாரா கிழவர் முகத்துக்கு நேரே கண்ணாடியைப் பிடிப்பாள். நீ சாகப்போகிற கிழவன், எனக்கு வாழ்க்கை முழுக்க மீதி இருக்கிறது என்ற பொருளில் சொல்வாள். இந்த வசனத்தை யார் பேசினாலும் கொடுமையாகத்தான் இருக்கும். பிபி பேசும்போது அந்தப் பெண்ணுக்கு அவர்மேல் பாவமாகவும் இருக்கிறது, பொறுமையும் போய்விட்டது, இரண்டும் ஒரே நேரத்தில் தெரிகின்றன. அதே சாராதான் கடைசியில் அவர் கையைப் பிடித்துப் புல்வெளி வழியே கூட்டிக்கொண்டு போய், தூரத்தில் மீன் பிடித்துக்கொண்டிருக்கும் அவருடைய பெற்றோரைக் காட்டுகிறாள்.

1958-இல் ‘பிரிங்க் ஆஃப் லைஃப்’. பிரசவ வார்டில் நடக்கும் படம். கல்யாணமாகாமல் கர்ப்பமாகி, பிள்ளை வேண்டாம் என்று கிடக்கும் பெண்ணாக பிபி. கான் விழாவில் அந்தப் படத்தின் நான்கு நடிகைகளுக்கும் சேர்த்துச் சிறந்த நடிகை விருதைக் கொடுத்தார்கள். 1963-இல் பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடி விருது. இது வில்கோட் ஷேமன் இயக்கிய ‘தி மிஸ்ட்ரஸ்’ படத்துக்காக. பெர்க்மன் இயக்காத படத்துக்கு என்பதைக் கவனியுங்கள்.

இந்த வருடங்களில் அவருக்கு ஒரு சிக்கல் இருந்தது. வெகுளிப் பெண், சிரித்த முகம், வெயிலில் காய்ந்த பொன்னிறத் தலை, இதற்குத்தான் கூப்பிட்டார்கள். அதை மாற்றியது ‘பெர்சோனா’. ஆனால் ஸ்கிரிப்டைப் படித்தபோது அவருக்குச் சந்தோஷம் வரவில்லை. தன்மேல் நம்பிக்கை இல்லாத, பலவீனமான பெண்ணாக எனக்கு ஏன் ஒரு வேடம் என்று யோசித்திருக்கிறார். உள்ளே இருந்த தடுமாற்றத்தை வெளியே தெரியாமல் மறைக்க அவர் பாடுபட்டுக்கொண்டிருந்த காலம் அது. பெர்க்மன் அதைக் கண்டுபிடித்துவிட்டார் என்பது புரிந்ததும், மறைப்பதை விட்டுவிட்டு அதையே வேடத்துக்குக் கொடுத்தார். முப்பது வயது ஆகாத ஒரு நடிகைக்கு இதற்கு எவ்வளவு தைரியம் வேண்டும் என்று நினைத்துப் பாருங்கள்.

படம் உருவானதிலும் அவருக்குப் பங்கு உண்டு. நார்வே நடிகை லிவ் உல்மனும் பிபியும் முன்பே ஒரு படத்தில் சேர்ந்து நடித்தவர்கள், தோழிகள். ஸ்டாக்ஹோம் தெருவில் இருவரும் நடந்துகொண்டிருந்தபோது எதிரே வந்த பெர்க்மனுக்கு லிவ்வை அறிமுகப்படுத்தியவர் பிபி. பிறகு 1965-இல் பெர்க்மன் நுரையீரல் அழற்சியோடு மருத்துவமனையில் படுத்திருந்தபோது, இரண்டு நடிகைகளும் சேர்ந்திருக்கும் ஒரு புகைப்படத்தில் அவர்களின் முகச்சாயல் ஒத்திருப்பதைப் பார்த்துத்தான் அவருக்குப் படம் தோன்றியது. அந்தக் கோடையிலேயே ஸ்வீடனின் ஃபோரோ தீவில் எடுத்தார்கள்.

உங்கள் சங்கத்தில் அரை மணி நேரம் பேசிய ஷாட்டைவிட எனக்கு முக்கியமானது கண்ணாடித் துண்டுக் காட்சி. எலிசபெத் ஆல்மாவைப் பற்றி டாக்டருக்கு எழுதிய கடிதத்தை ஆல்மாவே வழியில் படித்துவிடுகிறாள். தான் நெஞ்சைத் திறந்து சொன்னதெல்லாம் அவளுக்கு வேடிக்கை பார்க்கும் விஷயமாக இருந்திருக்கிறது. பிறகு வீட்டு வாசலில் ஒரு கண்ணாடிக் குவளை உடைகிறது. ஆல்மா சில்லுகளைப் பெருக்கி அள்ளுகிறாள், ஒரு துண்டு மட்டும் கண்ணில் படுகிறது. எடுக்கவில்லை. எலிசபெத் வெறுங்காலோடு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் நடந்துகொண்டிருக்கிறாள், இவள் உட்கார்ந்து காத்திருக்கிறாள். வசனமே கிடையாது. இவ்வளவு நேரம் பேசியே நம்மைக் கட்டிப்போட்டவர், இப்போது முகத்தில் எதையும் காட்டாமல் ஒரு நல்ல பெண் கெட்டது செய்யத் துணிவதைக் காட்டுகிறார். அதைப் பார்த்த பிறகு இவரை வெகுளிப் பெண் என்று யாராலும் சொல்ல முடியாது. இந்தப் படத்துக்காக ஸ்வீடனின் குல்ட்பாகே திரைப்பட விருதும், அமெரிக்கத் தேசிய விமர்சகர் சங்கத்தின் விருதும் கிடைத்தன.

ஹாலிவுட்டிலும் நடித்தார். சிட்னி பாட்டியரோடு ஒன்று, ஜான் ஹஸ்டனுக்கு ஒன்று, ராபர்ட் ஆல்ட்மனுக்கு ஒன்று. 1973-இல் பிராட்வேயிலும் நடித்தார். அவற்றில் அவர் அளவுக்கு ஈடான வேடம் எதுவும் இல்லை என்பது என் எண்ணம். அதே சமயம் பெர்க்மன் பெரும்பாலும் ஆங்கிலத்தில் எடுத்த ‘தி டச்’ படத்தை விட்டுவிடாதீர்கள். 1971-இல் வெளிவந்தபோது யாரும் மதிக்கவில்லை. கல்யாணமாகிக் குழந்தைகளோடு நிம்மதியாக இருக்கும் ஒரு பெண், பழக்கமில்லாத காதலில் போய் விழுவதை அவர் செய்திருக்கும் விதத்துக்காகவே பார்க்கலாம்.

அவருடைய மேடை வாழ்க்கை படங்களோடு முடியவில்லை. 1975-இல் ட்ராமாட்டனில் ஷேக்ஸ்பியரின் ‘ட்வெல்ஃப்த் நைட்’, வயோலா வேடம். 1991-இல் இப்சனின் ‘பீர் கிண்ட்’டில் தாய் ஓசே. 1994-இல் ‘தி வின்டர்ஸ் டேல்’, அரசனுக்கு முகத்துக்கு நேரே உண்மையைச் சொல்லும் பௌலினா. எல்லாவற்றையும்விட 1988-இல் யூஜின் ஓ’நீலின் ‘லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்’. போதை மருந்துக்கு அடிமையான தாய் மேரி டைரோனாக நடித்தார். அந்த நாடகம் உலகத்தில் முதன்முதலாக மேடையேறியதே ட்ராமாட்டனில்தான், 1956 பிப்ரவரியில். பிபி அப்போது அதன் பள்ளியில் மாணவி. அன்றைக்கு இளைய மகனாக நடித்த யார்ல் குல்லே, 1988-இல் அப்பாவாக, பிபியின் கணவனாக நின்றார். தயாரிப்பு நியூயார்க் வரை போனது. ஒரு அரங்கம் தன் நடிகர்களை முப்பது வருடம் கூடவே வைத்துக்கொண்டால்தான் இப்படி நடக்கும். பிபியின் வாழ்க்கையை யோசிக்கும்போது எனக்கு பெர்க்மன் பெயருக்கு முன்னால் ட்ராமாட்டன் பெயர்தான் நினைவுக்கு வருகிறது.

தொண்ணூறுகளில் நாடகங்களை இயக்கவும் செய்தார். போஸ்னியாவின் தலைநகர் சரயேவோ போரில் சிக்கியிருந்த காலத்தில் அந்த ஊர் நாடகக்காரர்களுக்கு உதவும் வேலையில் இறங்கினார். 1996-இல் தன்வரலாறு எழுதினார். 2009-இல் பக்கவாதம் தாக்கியது, பேச முடியாமல் போனது. ‘பெர்சோனா’வில் பேசியவர் கடைசியில் மௌனமானார் என்று இதை ஒரு கதைபோல எழுதுகிறார்கள். ஒருவருடைய நோயைப் படத்தின் கிளைமாக்ஸாக ஆக்குவது எனக்குப் பிடிக்கவில்லை. 2019 ஏப்ரல் 14 அன்று ஸ்டாக்ஹோமில் காலமானார், எண்பத்துமூன்று வயதில்.

உங்கள் சங்கத்துக்கு ஒரு யோசனை. அடுத்த திரையிடலுக்கு ‘வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்’, அதற்கு அடுத்தது ‘தி டச்’ என்று வையுங்கள். முடிந்ததும் இயக்குநர் பெயரைச் சொல்லாமல் நடிப்பைப் பற்றி மட்டும் பேசுவது என்று முதலிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள். என்ன பேசினீர்கள் என்று எழுதுங்கள்.

அன்புடன்.