தங்கச்சியின் பெட்டி ஏன் இன்னும் பிரிக்கவில்லை?

கேள்வி:

அன்புள்ள அன்ரிக்கு,

எனக்கு வயது 20. உயர்தரம் எழுதிவிட்டு, கம்பஸ் கடிதம் வரும்வரை வீட்டில் இருக்கிறேன். அண்ணா கத்தாரில் கட்டட வேலை. போனமுறை லீவில் வந்தபோது நின்டெண்டோ சுவிட்ச் என்ற கேம் கருவி ஒன்றும், விநோதப் பிராணிகளைப் பிடித்து வளர்த்துச் சண்டைக்கு விடுகிற போக்கிமானில் ஸ்கார்லெட், வயலட் என்று இரண்டு கேமும் கொண்டுவந்தார். ஸ்கார்லெட் எனக்கு, வயலட் தங்கச்சிக்கு. இரண்டும் ஏறக்குறைய ஒரே கேம்தான், ஏன் இரண்டு வாங்கிக் காசை வீணாக்கினாரோ தெரியாது. தங்கச்சிக்கு (வயது 13) இதில் இன்ட்ரஸ்ட் இல்லைப் போல, அவளுடைய பெட்டி பிரிக்காமலே அலுமாரியில் கிடக்கிறது. நிலாவெளியில் மச்சான் ஒருவனிடமும் சுவிட்சும் இதே கேமும் இருக்கின்றன, ஆனால் அவனைக் காண்பது குறைவு.

தொடக்கத்தில் தருகிற மூன்று பிராணிகளில் பூனைக்குட்டியை எடுத்துத் தொடங்கி, 140 மணித்தியாலம் விளையாடிச் சாம்பியன் ஆகிவிட்டேன். கதையும் முழுக்க முடிந்துவிட்டது. கதையில் வருகிற ஆர்வென் என்ற பொடியனின் நோயாளி நாய் எழும்புகிற இடத்தில் அழுதே விட்டேன். இப்போது சுவிட்சைக் கையில் எடுத்தாலும் வெறுமை, வைத்தாலும் இருப்புக்கொள்ளவில்லை. அம்மா சாப்பாட்டுக் கோப்பையைக் கட்டிலடியில் வைத்துவிட்டு, விசர் பிடித்துவிட்டது என்று ஏசிக்கொண்டு போகிறார். கதை முடிந்த பிறகு இந்தக் கேமில் வேறு என்ன செய்யலாம்? இல்லை, எனக்குத்தான் ஏதும் பிரச்சினையா?

- சாம்பியன், உவர்மலை, திருகோணமலை

பதில்:

தம்பி, "உனக்கு ஒரு பிரச்சினையும் இல்லை, இந்த வயதில் எல்லோருக்கும் வருகிறதுதான்" என்று எழுதுவேன் என எதிர்பார்த்திருப்பாய். எழுதப்போவதில்லை. "முடிந்துவிட்டது, இனி என்ன?" என்ற கடிதம் எனக்கு மாதாமாதம் வருகிறது. பென்சன் எடுத்தவர் எழுதுவார். மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டுப் பந்தல் பிரித்த மறுநாள் தாய் எழுதுவாள். வெறுமைக்கு மருந்து கேட்கிற எல்லோருடைய கடிதத்திலும் ஒரு வரி கைதவறி விழுந்து கிடக்கும். எனக்கு வேலை அந்த வரியில்தான். உன் கடிதத்தில் எது என்று தலைப்பைப் பார்த்தே தெரிந்திருப்பாய்.

ஆனால் கேட்டதற்குப் பதில் சொல்லாமல் விட்டால், அன்ரிக்கு இதெல்லாம் எங்கே விளங்கப்போகிறது என்பாய். என் மகளின் மகனும் இதே கேமைத்தான் வைத்திருக்கிறான். போன ஞாயிற்றுக்கிழமை அவனைப் பக்கத்தில் இருத்தி, வடையும் தேத்தண்ணியும் கொடுத்து, ஒரு பின்னேரம் முழுக்கக் கேட்டறிந்தேன்.

நாலு நிறத்தில், நிறத்துக்கு எட்டாக, 32 முளைகள் கேமில் வருகிற நாடு முழுக்கக் குத்திக் கிடக்கின்றனவாம். தேடிப் பிடுங்கினால் நாலு கதவு திறந்து நாலு பழைய பூதங்கள் வெளியே வரும். சாம்பியன் ஆவதற்கு நீ தோற்கடித்த எட்டு ஜிம் தலைவர்களையும் திரும்பப் போய்ச் சந்திக்கலாம், அதற்குப் பிறகு பள்ளிக்கூடத்தில் ஒரு போட்டி. ஆறு நட்சத்திரம் போட்ட கடினமான சண்டைகளுக்கு நாலு பேராகச் சேர்ந்து போகலாம். 999 காசு பொறுக்கினால் உருமாறும் ஒரு காசுப்பேய் இருக்கிறது. நிறம் மாறிப் பிறக்கும் அபூர்வம், அதுதான் நீங்கள் ஷைனி என்பது, சாதாரணமாக 4096-க்கு ஒன்று. பட்டியலில் உள்ள 400 பிராணிகளையும் சேர்த்துவிட்டால் உயிரியல் ஆசிரியர் ஒரு தாயத்துத் தருவார், பிறகு அந்த அபூர்வம் கொஞ்சம் கூடுதலாகக் கண்ணில் படும்.

இவ்வளவுக்கும் உனக்கு இரண்டு மாதம் காணும். அதற்குள் கம்பஸ் கடிதம் வந்தால் தப்பினாய். வராவிட்டால் இதே கடிதத்தை எனக்குத் திரும்ப எழுதுவாய். 2023-இல் காசு கொடுத்து வாங்குகிற மேலதிகக் கதையும் வந்திருக்கிறது என்று பேரன் சொன்னான். அதற்குக் காசு கேட்டு அண்ணாவுக்கு மெசேஜ் போட்டாயோ, அடுத்த இதழில் உன் வீட்டு இலக்கத்தையே அச்சடித்துவிடுவேன்.

சரி, பெட்டிக்கு வருவோம்.

"இன்ட்ரஸ்ட் இல்லைப் போல." இந்தப் "போல" யாருடையது? அவள் சொன்னாளா, நீயாக நினைத்துக்கொண்டாயா? வீட்டில் சுவிட்ச் ஒன்று. 140 மணித்தியாலமும் அது உன் கையில். சார்ஜ் ஏறும்போதும் உன் தலைமாட்டில்தான் கிடந்திருக்கும். அவள் அந்தப் பெட்டியைப் பிரித்து எதில் போட்டு விளையாடுவாள்? ரைஸ் குக்கரிலா?

பதின்மூன்று வயதுப் பெண்பிள்ளையின் ஒரு நாள் எனக்குத் தெரியும். பள்ளிக்கூடம், ரியூசன், வந்ததும் வெங்காயம் உரி, உடுப்பு மடி, தண்ணீர் எடுத்துக்கொண்டு வா. கோப்பையை அம்மா கட்டிலடியில் கொண்டுவந்து வைக்கிறார் என்று எழுதியிருக்கிறாய். சாப்பிட்ட பிறகு அந்தக் கோப்பையை எடுத்துப்போய்க் கழுவுவது யார் என்று எழுதவில்லை. நானும் கேட்கவில்லை, விடை எனக்குத் தெரியும். நாளையிலிருந்து நீ எழும்பிக் குசினிக்குப் போய், போட்டுச் சாப்பிட்டு, கழுவி வைத்துவிட்டு வா. இருபது வயதுக் கால்கள்தானே.

நானும் வளர்ந்தது திருகோணமலையில்தான். எங்கள் அப்பா ஒரு சைக்கிள் வாங்கித் தந்தார், "இரண்டு பேருக்கும்" என்று சொல்லித்தான் தந்தார். கரும்பச்சை நிறம், மணியில் ஒரு கீறல். அண்ணன் அதை எடுத்துக்கொண்டு உட்துறைமுக வீதிக்குக் கப்பல் பார்க்கப் போவான், கடற்கரைக்குப் போவான், இருட்டித்தான் திரும்புவான். யாராவது வீட்டுக்கு வந்து "சின்னவள் ஓட மாட்டாளா?" என்று கேட்டால், "அவளுக்கு அதில் விருப்பமில்லை" என்பான். நானும் ஆமென்று தலையாட்டுவேன். கேட்டு, அவன் இல்லையென்று சொல்லி, அதை வந்தவர் முன்னால் கேட்டுக்கொண்டு நிற்பதைவிட அது மானமாக இருந்தது. எனக்கு இப்போது 63 வயது. இன்றைக்கும் சைக்கிள் ஓடத் தெரியாது. அண்ணனில் அன்பு குறையவில்லை, ஆனால் மணியில் இருந்த கீறல் எந்தப் பக்கம் என்று கேட்டால் சொல்வேன்.

அதனால் நீ போய், "உனக்கு இன்ட்ரஸ்ட் இருக்கா?" என்று வாசலில் நின்று கேட்டால், அவளும் இல்லையென்றுதான் சொல்வாள். கேட்காதே. சுவிட்சைக் கொண்டுபோய் அவள் மடியில் வை.

அடுத்தது, அண்ணா காசை வீணாக்கினார் என்ற கதை. போக்கிமான் விளையாட்டு முதன்முதலில் ஜப்பானில் 1996 பெப்ரவரி 27-ஆம் திகதி வந்தபோதே ஒன்றாக வரவில்லை, சிவப்பு, பச்சை என்று இரண்டாகத்தான் வந்தது. உண்டாக்கிய சதோஷி தஜிரி சின்ன வயதில் பூச்சி பிடித்துத் திரிந்தவர். கேம்போய் என்ற பழைய கையடக்கக் கேம் கருவிகள் இரண்டை இணைக்கும் கம்பியைப் பார்த்ததும், அதன் வழியே பூச்சிகள் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் ஊர்ந்து போவதுபோல அவருக்குத் தோன்றியதாம். அங்கிருந்துதான் எல்லாம். சிவப்பில் உள்ளது சில பச்சையில் இல்லை, பச்சையில் உள்ளது சில சிவப்பில் இல்லை. மாற்றிக்கொள்ள இன்னொரு ஆள் வேண்டும் என்பதற்காகவே அப்படி வைத்தார்கள். இன்றைக்கும் அதே ஏற்பாடுதான். லார்விடார் என்ற பிராணி உன் ஸ்கார்லெட்டில் திரியும், பேகான் என்றது வயலட்டில்தான் திரியும். நீ தொடக்கத்தில் பூனையை எடுத்தாய், முதலைக்குட்டியும் தாராக்குஞ்சும் உனக்கு அந்த நாட்டுக் காட்டில் எங்கேயும் பிடிபடாது, வேறொருவர் தந்தால்தான் உண்டு. ஹான்டர் என்ற பேயை நீ எவ்வளவுதான் வளர்த்தாலும் ஹான்டராகவே கிடக்கும், இன்னொருவர் கைக்குப் போனால்தான் கெங்கார் ஆகும்.

உன் 400-இல் உனக்குக் குறைகிறதில் பெரும்பகுதி அலுமாரிக்குள் கிடக்கிறது. கடைக்காரன் சொல்லித்தானோ, தானாக விசாரித்தோ, அண்ணா இரண்டும் வேறுவேறாகப் பார்த்து வாங்கியிருக்கிறார். வீட்டில் இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள், இரண்டும் ஒன்றோடொன்று கதைக்கட்டும் என்று நினைத்திருப்பார். உனக்கு அது வீண் காசாகத் தெரிகிறது. அவர் வேலை செய்கிற நாட்டில் ஜூன் 1 முதல் செப்டம்பர் 15 வரை, காலை 10 மணியிலிருந்து பிற்பகல் 3.30 வரை வெட்டவெளியில் ஆட்களை வேலைக்கு விடக்கூடாது என்று சட்டமே போட்டிருக்கிறார்கள். வெயில் அப்படி. அந்த வெயிலுக்கு முன்னும் பின்னும் நின்று உழைத்த காசு தம்பி அது. மூத்தவன் வெளியில் நின்று உழைக்கிற வீட்டில் அடுத்தவனுக்கு ஒரே ஒரு வேலைதான், வந்ததைப் பங்கு போடுவது. அந்த ஒன்றையும் நீ செய்யவில்லை.

இன்னும் ஒன்று. இந்தக் கேமை இன்னும் முடிக்காதவர்கள் இந்தப் பந்தியைத் தாண்டிவிடுங்கள். ஆர்வெனின் நாய்க்காக அழுதேன் என்கிறாய். அந்தப் பொடியன் யார்? தாய் பெரிய விஞ்ஞானி. பள்ளத்துக்குள் இறங்கித் தன் ஆராய்ச்சியே கதி என்று இருந்துவிட்டாள். வெளிச்சவீட்டில் தனியாக, ஒரு நாயை மட்டும் துணைக்கு வைத்துக்கொண்டு வளர்ந்த பிள்ளை அவன். கடைசியில் நீங்கள் எல்லோரும் இறங்கிப் போனால், தாய் செத்துப் பல காலம், அவளைப்போலக் கதைக்கிற இயந்திரம் ஒன்றுதான் அங்கே நிற்கிறது. பேரன் சொல்லும்போது எனக்கும் தொண்டை அடைத்தது, அது வேறு. ஆனால் நீ அதைப் பார்த்து அழுதுகொண்டிருந்த அறையிலிருந்து தங்கச்சி படிக்கிற மேசைக்கு எத்தனை அடி? கதையை முடித்துவிட்டேன் என்று எழுதியிருக்கிறாய். எனக்கு அதில் சந்தேகம்.

அதனால் செய்யவேண்டியது இது. அவள் பெயரில் சுவிட்சில் தனியாக ஒரு கணக்குத் திற. கேம் வேறு, சேவ் வேறு, உன் சாம்பியன் பட்டத்தில் ஒரு கீறலும் விழாது. பள்ளிநாளில் பின்னேரம் ஒரு மணித்தியாலம், சனி ஞாயிறு இன்னும் கொஞ்சம், சுவிட்ச் அவளுடையது. அந்த நேரத்தில் வெங்காயம் உரிப்பது நீ. முதலைக்குட்டியா தாராக்குஞ்சா என்று அவளே தெரியட்டும். பூனையைத்தான் எடுப்பேன் என்றாலும் எடுக்கட்டும், உன் பட்டியல் நிரம்ப வேண்டும் என்பதற்காக அவள் வாயில் விடையைத் திணிக்காதே. பக்கத்தில் இருந்து "அங்கே போ, இங்கே போ" என்று விரலை நீட்டாதே. அவள் தோற்று, வழி தவறி, மழைக்குள் நின்று கொண்டிருந்தாலும் வாயை மூடிக்கொண்டு இரு. உனக்கு இதுதான் மிகக் கடினமாக இருக்கும், ஆறு நட்சத்திரச் சண்டையெல்லாம் இதற்குப் பிறகுதான்.

காசு கட்டாமல் மாற்றிக்கொள்வதற்கு இரண்டு சுவிட்ச் பக்கத்தில் பக்கத்தில் வேண்டுமாம். நிலாவெளி மச்சான் எதற்கு இருக்கிறான்? ஒரு ஞாயிற்றுக்கிழமை தங்கச்சியையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏறு. உன் கார்டைப் போட்டு ஹான்டரை முதலில் அவனுக்கு அனுப்பு, அங்கேயே கெங்கார் ஆகிவிடும். பிறகு அவள் கார்டை மாற்றிப் போட்டால், அவனிடமிருந்து அவளுக்கு. நம் ஆட்கள் மாம்பழக் கூடையை வீட்டுக்கு வீடு கைமாற்றி அனுப்புகிற மாதிரித்தான். வெறுங்கையோடு போகாதே, மாமிக்கு ஏதாவது வாங்கிக்கொண்டு போ. வருகிற வழியில் அவள் கடலில் கால் நனைக்கக் கேட்டால் நேரமாகிறது என்று இழுத்துக்கொண்டு வராதே.

பெட்டியை நீ பிரித்துக் கொடுக்காதே, மேலே சுற்றியிருக்கிற தாளை அவளே நகத்தால் கிழிக்கட்டும். உள்ளே கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிதாக ஒரு கார்ட் இருக்கும். சின்னப் பிள்ளைகள் விழுங்காமலிருக்க அதில் கசப்பு மருந்து பூசியிருக்கிறார்கள். பேரன் சொன்னதை நம்பாமல் நானே நாக்கில் வைத்துப் பார்த்தேன். இரண்டு தேத்தண்ணி குடித்தும் போகவில்லை. இதை மட்டும் அவளிடம் சொல்லு, சொன்னால் நாக்கில் வைத்துப் பார்க்காமல் விடமாட்டாள். முகத்தைச் சுளிக்கும்போது ஒரு படம் எடுத்து அண்ணாவுக்கு அனுப்பிவிடு.