நடிக்கப் போகிறேன் என்கிற மகள்: கலிஃபோர்னியாவில் இருக்கும் ஓர் அம்மாவுக்கு

அன்புள்ள அம்மா,

சிவில் இன்ஜினியரிங் கடைசி வருடம் படிக்கும் மகள், "முடித்துவிட்டு நடிக்கப் போகிறேன்" என்று சொன்னதிலிருந்து தூக்கமே போய்விட்டது என்று எழுதியிருந்தீர்கள். பயம் நியாயமானதுதான். ஆனால் "நம்ம முகத்துக்கு ஹாலிவுட்டில் யார் வேடம் கொடுப்பார்கள்?" என்று கேட்டிருக்கிறீர்களே, அதற்கு ஒரு மனிதரின் கதையைத்தான் சொல்ல வேண்டும்.

குங் ஃபூ பாண்டா அனிமேஷன் படம் உங்கள் வீட்டிலும் ஓடியிருக்கும். அதில் பாண்டாவைப் பிள்ளையாக வளர்க்கிற நூடுல்ஸ் கடை வாத்துக்குக் குரல் கொடுத்தவர் ஜேம்ஸ் ஹாங். 1929-ல் மினியாபோலிஸில் பிறந்த சீன அமெரிக்கர். அவர் படித்ததும் சிவில் இன்ஜினியரிங்தான். லாஸ் ஏஞ்சலஸ் கவுண்டியில் சுமார் ஒன்றரை வருடம் சாலைப் பொறியாளராக வேலை பார்த்தார். லீவு போட்டுவிட்டுப் படப்பிடிப்புக்குப் போவார். முழுநேரமாக நடிப்பில் இறங்கியது அதற்குப் பிறகுதான்.

கிடைத்தது பெரும்பாலும் சின்னச் சின்ன வேடங்கள். 1974-ல் வந்த சைனாடவுன் படத்தில் பணக்கார வீட்டு வேலையாள். 1982-ல் வந்த பிளேட் ரன்னரில் செயற்கைக் கண் செய்கிறவர். பனி உறைந்த அறை, உடம்பை மூடிய கனத்த ரோமக் கோட்டு. தேடி வந்தவன் அந்தக் கோட்டைக் கிழித்துவிட, குளிரில் வெடவெடத்துக்கொண்டே பதில் சொல்வார். சில நிமிடங்கள்தான். படம் பார்த்தவர்களுக்கு அந்த நடுக்கம் நினைவிருக்கும், நடிகரின் பெயர் தெரியாது. இப்படியே ஏறத்தாழ 70 வருடம், படமும் தொலைக்காட்சியுமாக 400-க்கும் மேற்பட்ட வேடங்கள்!

நல்ல வேடம் வரும் என்று அவர் கையைக் கட்டிக்கொண்டு உட்காரவில்லை. ஆசிய முகங்களுக்கு வேலைக்காரர், வில்லன் வேடங்களே வந்ததால், 1965-ல் மாகோ முதலிய நடிகர்களோடு சேர்ந்து லாஸ் ஏஞ்சலஸில் ஈஸ்ட் வெஸ்ட் பிளேயர்ஸ் என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். குழு இன்றும் நடக்கிறது. ஹாலிவுட்டில் பிரபலங்களைக் கௌரவிக்கும் நடைபாதையில் அவர் பெயரோடு நட்சத்திரம் பதித்தது 2022-ல். அப்போது அவருக்கு வயது 93.

சரி, இதைக் காட்டி "மகளை விட்டுவிடுங்கள்" என்று சொல்லமாட்டேன். நடிகர் சங்கமான சாக்-ஆஃப்ட்ராவில் சுமார் 1,60,000 உறுப்பினர்கள். 2023-ல் 118 நாள் வேலைநிறுத்தம் நடந்தபோது வெளியே வந்த கணக்கைப் பாருங்கள்: சங்கத்தின் மருத்துவக் காப்பீடு கிடைக்க அப்போது நடிப்பில் வருடத்துக்கு 26,470 டாலர் சம்பாதித்திருக்க வேண்டியிருந்தது. பெரும்பாலான உறுப்பினர்கள் அந்த வரம்பைத் தொடவே இல்லை. அந்தப் பணத்தில் லாஸ் ஏஞ்சலஸில் வீட்டு வாடகை கட்டுவதே கஷ்டம் என்பது உங்களுக்கே தெரியும். அதனால் "ஸ்டார் ஆவாளா?" என்று யோசிப்பதை விட்டுவிடுங்கள். சின்ன வேடங்களிலேயே பத்து வருடம் போனாலும் அவளுக்கு இந்த வேலை பிடிக்குமா, வாடகை எங்கிருந்து வரும், இந்த இரண்டையும் அவளிடம் கேளுங்கள்.

டிகிரியை எந்தக் காரணத்துக்காகவும் பாதியில் விடக்கூடாது. பாடம் மறக்கும் முன்பே, கடைசி வருடத்திலேயே எஃப்.இ. (Fundamentals of Engineering) தேர்வை எழுதிவிடட்டும். 110 கேள்விகள். பின்னால் இன்ஜினியர் லைசென்ஸ் வாங்குவதற்கு அதுதான் முதல் படி. பிறகு ஒரு வேலையில் சேர்ந்து, மாலையில் நடிப்பு வகுப்பு, வார இறுதியில் நாடக ஒத்திகை என்று இரண்டு வருடம் ஓடட்டும். நாள் முழுக்க வேலை பார்த்துவிட்டு வந்தும் ஒத்திகைக்குக் கிளம்புகிறாளா என்று பாருங்கள். அதில் தெரிவது உங்கள் வாக்குவாதத்தில் தெரியாது.

இன்னொன்று, கவனமாகக் கேளுங்கள். "வாய்ப்பு வாங்கித் தருகிறோம், முதலில் பணம் கட்டுங்கள்" என்று யார் கேட்டாலும் ஒரு டாலர்கூடக் கொடுக்காதீர்கள். முன்பணம் வாங்கிக்கொண்டு வாய்ப்புத் தேடித் தருவது கலிஃபோர்னியாவில் சட்டப்படி குற்றம். முறையான ஏஜெண்ட், வேலை கிடைத்த பிறகு சம்பளத்தில் வழக்கமாக 10 சதவீதம் எடுத்துக்கொள்வார், அவ்வளவுதான்.

மகள் மேடையில் நடித்து நீங்கள் இதுவரை பார்த்ததே இல்லை என்று எழுதியிருந்தீர்கள். கல்லூரியில் அடுத்த நாடகம் எப்போது என்று இன்றைக்கே கேட்டு, அப்பாவையும் கூட்டிக்கொண்டு போய் முன்வரிசையில் உட்காருங்கள். பார்த்துவிட்டு வந்து எனக்கு எழுதுங்கள். மேற்கொண்டு பேசலாம்.